செரேனோவை யாருக்காவது ஞாபகம் இருக்கிறதா?

சென்னையின் எஃப்சி கால்பந்து அணி 2018-இல் ஐஎஸ்எல், அதாவது இந்தியன் சூப்பர் லீக் கோப்பையை வாங்கியபோது கேப்டன் யார்? வீடியோவை நிறுத்திவிட்டுக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஜெஜே என்பீர்கள், ரஃபேல் அகஸ்டோ என்பீர்கள், இன்னும் விவரமானவர்கள் மெயில்சன் ஆல்வெஸ் என்பீர்கள், ஏனென்றால் ஃபைனலில் பெங்களூருக்கே போய் இரண்டு கார்னரைத் தலையால் முட்டி இரண்டு கோல் போட்டவர் அவர்தான். இவர்கள் யாரும் இல்லை. ஹென்ரிக் செரேனோ. போர்ச்சுகல்காரர், சென்டர் பேக், அதாவது பின்வரிசையில் நடுவில் நின்று தடுக்கிறவர். இப்போது, "ஆமாம்ல, அப்படி ஒருத்தர் இருந்தார்" என்று உங்களில் பாதிப் பேர் சொல்வீர்கள்.

வணக்கம், காரைக்குடியிலிருந்து பேசுகிறேன். பக்கத்து வீட்டில் கல்யாணம், பந்தல்காரர்கள் காலையிலிருந்து தட்டிக்கொண்டே இருக்கிறார்கள், அந்தச் சத்தம் நடுநடுவே வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். இன்றைக்குப் பேசப்போவது மெஸ்ஸி, ரொனால்டோ பற்றி இல்லை. ஒரே கிளப்பில் பதினைந்து வருஷம் ஆடி சிலை வைக்கப்பட்டவர்களைப் பற்றியும் இல்லை. இரண்டு வருஷத்துக்கு ஒரு ஊர், ஒரு மொழி, ஒரு வாடகை வீடு என்று மூட்டை கட்டிக்கொண்டே இருக்கிற டிஃபெண்டர்கள் இருக்கிறார்களே, அவர்களைப் பற்றி. உலகத்தில் சம்பளத்துக்குப் பந்து ஆடுகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் இந்த ரகம்தான் என்பது என் எண்ணம், ஆனால் டிவியில் வருவது மிச்சம் கால்வாசி.

செரேனோவையே எடுத்துக்கொள்வோம். 1985-இல் எல்வாஷ் என்ற ஊரில் பிறந்தவர், ஸ்பெயின் எல்லையை ஒட்டிய ஊர் அது. விட்டோரியா கிமராயிஷ் என்ற போர்ச்சுகல் கிளப்பில் வளர்ந்தார், அப்புறம் ஸ்பெயினில் வல்லடோலிட், 2010-இல் போர்ட்டோ. போர்ட்டோ என்றால் சும்மா இல்லை, அந்த 2010-11 சீசனில் வில்லாஸ்-போவாஸ் கோச், ஃபால்காவோவும் ஹல்க்கும் முன்னால் ஆடுகிறார்கள், லீக்கில் ஒரு ஆட்டம்கூடத் தோற்கவில்லை, யூரோப்பா லீக்கையும் வென்றார்கள். எல்லாம் சரி, சென்டர் பேக்கில் இவருக்கு முன்னால் ரோலாண்டோ, ஓட்டமெண்டி, மைக்கான் என்று மூன்று பேர் நிற்கிறார்கள். நான்காவது ஆளுக்கு என்ன வேலை? பெஞ்சில் உட்கார்ந்து கைதட்டுவது. அதனால் அடுத்த வருஷம் லோனில், அதாவது ஒரு சீசனுக்கு இரவலாக, ஜெர்மனிக்கு, கொலோன். லூகாஸ் பொடோல்ஸ்கி இருந்த அணி. இருந்தும் அந்த சீசனிலேயே கீழ் டிவிஷனுக்கு இறங்கிவிட்டது. பொடோல்ஸ்கி அங்கிருந்து ஆர்சனல் போனார், செரேனோ மறுபடியும் வல்லடோலிட் போனார். பிறகு துருக்கியில் கைசெரிஸ்போர், அதன்பின் ஜெர்மனியில் மைன்ஸ், 2016-இல் கொல்கத்தா, நடுவில் ஸ்பெயினில் அல்மேரியா, அப்புறம் நம்ம சென்னை.

இந்த வரிசையைப் பார்க்கிறவன் சட்டென்று என்ன சொல்வான்? "எங்கேயும் நிலைக்கலை, ஃபார்ம் இல்லாத ஆள்." எனக்கு எரிச்சல் வருவது இங்கேதான். காரைக்குடியில் இருந்துகொண்டு இப்படிப் பேசலாமா? நம் ஊர் அரண்மனை மாதிரி வீடுகள் எல்லாம் யார் சம்பாத்தியம்? பர்மாவுக்கும் மலேயாவுக்கும் இலங்கைக்கும் கொண்டுவிற்க, அதாவது வட்டிக்கடையும் வியாபாரமும் நடத்த, போனவர்கள் சம்பாதித்தது. அதில் முதலாளி ஒருவர் என்றால், சம்பளத்துக்குப் போன மேலாள், அவருக்கு அடுத்தாள், கடையில் எடுபிடி வேலைக்குப் பெட்டியடிப் பையன் என்று பல பேர். மூன்று வருஷம் ஒரு கணக்கு. கணக்கு முடிந்தால் அடுத்த ஆள் வந்து புத்தகத்தைச் சரிபார்த்து வாங்கிக்கொள்வார், இவர் கப்பல் ஏறி ஊர் வந்து, கொஞ்ச நாள் இருந்து, மறுபடி வேறு ஒரு கடைக்குச் சம்பளம் பேசிக் கிளம்புவார். ரங்கூனில் ஒரு கணக்கு, பினாங்கில் ஒரு கணக்கு என்று இருந்தவரை யாரும் "நிலையில்லாத ஆள்" என்று சொன்னதில்லை, அனுபவசாலி என்று கூடுதல் சம்பளம்தான் கொடுத்தார்கள். எங்கள் ஐயாவுடைய அப்பா பெட்டியடிப் பையனாகப் போனவர்தான். செரேனோ பார்த்ததும் அதே வேலைதான், பேரேட்டுக்குப் பதிலாகப் பந்து.

சரி, இப்படி ஊர் ஊராகப் போக முடிந்ததே எப்படி? முன்னால் எல்லாம் ஐரோப்பாவில் ஒப்பந்தம் முடிந்த பிறகும் பழைய கிளப் பணம் கேட்டு ஆளைப் பிடித்து வைக்க முடியும். ஜான்-மார்க் போஸ்மன் என்று பெல்ஜியத்தில் ஒரு சாதாரண ஆட்டக்காரர், லியேஜ் கிளப்பில் ஒப்பந்தம் முடிந்து பிரான்சில் டன்கெர்க் போக நினைத்தார், விடவில்லை. கோர்ட்டுக்குப் போனார், 1995 டிசம்பர் 15 அன்று ஐரோப்பிய நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பு சொன்னது. அதற்குப் பிறகு ஒப்பந்தம் முடிந்தால் ஃப்ரீ, கடைசி ஆறு மாதத்தில் அடுத்த கிளப்போடு பேசியே வைத்துக்கொள்ளலாம். பெரிய நட்சத்திரங்களுக்கு இதில் கோடி கோடியாக லாபம். ஆனால் நடுத்தர டிஃபெண்டருக்கு அது இரண்டு பக்கமும் வெட்டும். அவன் போகலாம், அதே மாதிரி கிளப்பும் "போயிட்டு வாப்பா" என்று சொல்லலாம். முப்பது வயது ஆனதும் ஐந்து வருஷ ஒப்பந்தம் எல்லாம் கனவு, ஒரு வருஷம், கூட ஒரு வருஷம் கிளப் விரும்பினால். ஜூன் மாதம் வந்தால் இவர்கள் வீட்டில் போன் அடித்தால் போதும், எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள். நட்டுவைத்த மாதிரி ஒரு இடத்தில் பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்க முடியாது. இதைப் பற்றி யாரும் பேட்டி எடுப்பதில்லை.

அப்புறம் லோன். லோனில் போகிறவன் நிலைமை இன்னும் மோசம், சம்பளத்தில் ஒரு பங்கு பழைய கிளப் கொடுக்கும், ஒரு பங்கு புது கிளப் கொடுக்கும், இரண்டு பேருக்கும் அவன் சொந்தப் பிள்ளை இல்லை. பொதுவாக ஒரு சீசனில் மூன்று கிளப்பில் பதிவு செய்யலாம், ஆனால் இரண்டு கிளப்புக்குத்தான் ஆட முடியும் என்பது ஃபிஃபா விதி, ஆகவே ஜனவரியில் தப்பான இடத்துக்குப் போய்விட்டால் ஜூன் வரைக்கும் பெஞ்ச்தான் கதி.

சரி, பணம் கொடுத்து இப்படி ஒரு ஆளை ஏன் வாங்குகிறார்கள்? வேகமா? இல்லை, முப்பத்திரண்டு வயசில் என்ன வேகம்.

இங்கே அழகப்பா மைதானப் பக்கம் விடியற்காலையில் பசங்களோடு ஆட ஒரு அண்ணன் வருவார், பெயர் வேண்டாம், அவருக்குப் பிடிக்காது. சென்னை லீக்கில் நிறைய அணிகளுக்கு ஆடியவர், ஸ்டாப்பர், சென்டர் பேக்கைத்தான் இங்கே அப்படிச் சொல்வோம். மஞ்சள் பையில் பூட்ஸ், கணுக்காலுக்குக் கிரேப் பேண்டேஜ், அதைச் சுற்றவே கால் மணி நேரம் எடுத்துக்கொள்வார், குதிகாலிலிருந்து எட்டு போட்டு மேலே கொண்டு வந்து ஒரு பின் குத்துவார். ஆட்டம் ஆரம்பித்தால் அவர் ஓடுவதையே பார்க்க முடியாது. உடம்பு முழுசாகப் பந்தைப் பார்த்து நிற்காது, பாதி திரும்பியே நிற்கும். இடது கை எப்போதும் ஃபார்வர்டின் இடுப்புக்கு ஒரு சாண் தூரத்தில், பிடிக்க மாட்டார், ஆள் அங்கே இருக்கிறானா என்று தொட்டு மட்டும் பார்ப்பார். பந்து எதிர்ப்பக்கம் இருக்கும்போது இரண்டு மூன்று முறை தோளுக்கு மேல் பார்வை பின்னால் போய்வரும். வாய் மட்டும் ஓயாது. "தம்பி ஏறு, ஏறு... நில்லு. வெளியே தள்ளு, உள்ளே விடாதே. வலது பக்கம் ஆள் வர்றான் பாரு." தொண்டை கட்டுகிற வரைக்கும் இதுதான். ஒரு நாள் கேட்டேன், அண்ணே, ஸ்லைடிங் டேக்கிள் எல்லாம் போட மாட்டீங்களா என்று. "தரையில் விழுந்தால் எழுந்திருக்க மூணு செகண்ட் ஆகும் தம்பி, அதற்குள் அவன் கோல் போட்டுட்டுப் போயிடுவான். வேற வழியே இல்லாதப்போதான் அது" என்றார். ஏற்கெனவே பேசி ஆளை நிறுத்தி வைத்திருந்தால் டேக்கிளுக்கே அவசியம் வராது என்பது அவர் கட்சி.

ஊர் மாறுகிற டிஃபெண்டரிடம் கிளப் வாங்குவது இந்த வாயைத்தான். ஆஃப்சைடு வரி, அதாவது எதிரணி ஃபார்வர்டை ஆஃப்சைடில் மாட்டவைக்கப் பின்வரிசை ஒரே கோட்டில் நிற்பது, நாலு பேர் சேர்ந்து பிடிக்க வேண்டியது, ஒருவன் அரை அடி பின்தங்கினாலும் கோல். பக்கத்தில் நிற்பவன் மிசோரம் பையன், அந்தப் பக்கம் பிரேசில்காரன், கோல்கீப்பர் பஞ்சாப்காரர், கோச் இங்கிலாந்துக்காரர், பயிற்சிக்குக் கிடைப்பது சில வாரங்கள். ஜெர்மன், துருக்கி, ஸ்பானிஷ் என்று எல்லா மொழியிலும் "ஏறு, நில்லு" சொல்லிப் பழகினவன் அங்கே தேவைப்படுகிறான். நான் சொன்னது அப்படியே சென்னையின் அணியின் 2017-18 பின்வரிசை: இடது பக்கம் ஜெர்ரி, நடுவில் மெயில்சனும் செரேனோவும், வலது பக்கம் இனிகோ கால்டெரோன், கோலில் கரண்ஜித், ஓரத்தில் ஜான் கிரெகரி. அவர்களுக்கு முன்னால் நடுக்களத்தில் நம்ம வியாசர்பாடி தனபால் கணேஷ். மார்ச் 17, பெங்களூரு கண்டீரவா, ஒன்பதாவது நிமிஷமே சேத்ரி கோல். அந்த மைதானத்தில் அந்த நேரத்தில் அந்த அணி கலையாமல் நின்றதைத்தான் நான் பெரிய விஷயமாக நினைக்கிறேன், 3-2 என்று ஜெயித்தது அப்புறம். ஹைலைட்ஸில் கோல் மட்டும் வரும். முழு ஆட்டம் கிடைத்தால் கேமரா ஓரத்தில் செரேனோ கை காட்டுவதை மட்டும் பாருங்கள்.

முந்தின சீசன், 2016-இல் கொச்சி ஃபைனலில் கேரளா பிளாஸ்டர்ஸ் முன்னிலை எடுத்தபோது கார்னரில் தலை கொடுத்து சமன் செய்தவரும் இவர்தான், பெனால்டியில் கொல்கத்தா ஜெயித்தது. இரண்டு சீசன், இரண்டு கிளப், இரண்டு கோப்பை. இதை ஸ்ட்ரைக்கர் செய்திருந்தால் கட் அவுட் வைத்திருப்போம்.

வெளிநாட்டுக்காரன் கதை நமக்கு எதற்கு என்கிறவர்களுக்கு அனஸ் எடத்தொடிகா. மலப்புரம் கொண்டோட்டிக்காரர், இளவயதில் ஆட்டோ ஓட்டியவர். மும்பை எஃப்சி, புனே எஃப்சி, டெல்லி டைனமோஸ், மோகன் பகான் என்று போய், இந்தியச் சட்டை போட்டபோது வயசு முப்பது, 2017. அதே வருஷம் ஐஎஸ்எல் டிராஃப்டில், அதாவது கிளப்புகள் முறை வைத்து ஆள் எடுக்கிற இடத்தில், ஜம்ஷெட்பூர் முதல் ஆளாக எடுத்தது இவரை, 1.10 கோடி ரூபாய். பத்து வருஷம் யாருக்கும் தெரியாமல் ஆடியவருக்கு ஒரு நாள் விலை. அதற்குப் பிறகு 2019 ஆசியக் கோப்பையில் பஹ்ரைன் ஆட்டம் ஆரம்பித்து நாலைந்து நிமிஷத்தில் காயம், வெளியே வந்தார், கொஞ்ச நாளில் தேசிய அணியிலிருந்து விடைபெறுவதாக அறிவித்தார். டிஃபெண்டர் வாழ்க்கையில் முழங்காலும் தொடையும்தான் உண்மையான முதலாளி, ஒப்பந்தத்தில் கையெழுத்து போடுவதும் கிழிப்பதும் அவைதான்.

தமிழ்நாட்டுப் பையன்களுக்கு ரொம்பக் காலம் வேறு கணக்கு இருந்தது. இந்தியன் வங்கி, தெற்கு ரயில்வே, ஐசிஎஃப், கஸ்டம்ஸ் என்று ஆபீஸ் அணிகள், ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் வேலை, ஆடி முடித்தாலும் சம்பளம் நிற்காது. எங்கள் மைதான அண்ணனுக்கு அந்த வேலை அமையவில்லை, கிளப்புகளில் ஒப்பந்தத்துக்கு ஆடினார். ஒரு கிளப் மாதக்கணக்கில் சம்பளம் தராமல் இழுத்தடித்து, கடைசியில் அணியையே கலைத்துவிட்டது, மெஸ் பாக்கியை அவர்தான் கட்டிவிட்டு பஸ் ஏறினார். ஆகவே ஊர்ப் பையன்களிடம் அவர் முதலில் கேட்பது இடது கால் வருமா என்று இல்லை, "பிளஸ் டூ முடிச்சியா?" என்று. நானும் அவர் பக்கம்தான். இடது கால் வருகிற ஸ்டாப்பருக்குத் தட்டுப்பாடு உண்டு, அது வேறு விஷயம், அப்படி உங்கள் வீட்டில் ஒருவன் இருந்தால் சென்னைக்கு டிரையலுக்கு அனுப்புங்கள், ஆனால் டிகிரியில் சேர்த்துவிட்டு அனுப்புங்கள்.

ஆடி முடித்த பிறகு என்ன என்று கேட்டால், பாதிப் பேர் கோச் லைசென்ஸ் பக்கம் போகிறார்கள், அங்கேயும் அதே மூட்டை கட்டல்தான். நம்ம கால்டெரோன் இருக்கிறாரே, பிரைட்டனில் ரசிகர்கள் கொண்டாடிய ஆள், அங்கிருந்து சைப்ரஸ் போய் அப்புறம் சென்னைக்கு வந்தவர், 2024 டிசம்பரில் இங்கிலாந்தில் பிரிஸ்டல் ரோவர்ஸுக்கு மேனேஜர் ஆனார். சீசன் முடிவில் அணி கீழ் டிவிஷனுக்கு இறங்கியது, 2025 மே மாதம் அவரை அனுப்பிவிட்டார்கள். ஐந்து மாதம்கூட முழுசாக ஆகவில்லை.