மிஸ், மரியோவுக்கு என்ன வயசு?

வணக்கம். நான் ஒரு கணக்கு டீச்சர். ஏழாம் வகுப்பு, எட்டாம் வகுப்பு. உங்களில் பலருக்கு வயதுக் கணக்கு ஞாபகம் இருக்கும். ‘தந்தையின் வயது மகனின் வயதைப்போல் மூன்று மடங்கு. 12 ஆண்டுகளுக்குப் பிறகு அது இரண்டு மடங்காகும், எனில்...’ அந்த ‘எனில்’ வந்ததும் வயிற்றைக் கலக்கியதும் ஞாபகம் இருக்கும். கவலைப்படாதீர்கள், விடை 36, 12. பேப்பர், பேனா எதுவும் எடுக்க வேண்டாம். இன்றைக்கு நான் போடப்போகும் கணக்கெல்லாம் மனக்கணக்குதான்.

இப்படி ஒருநாள் வயதுக் கணக்கு நடத்திக்கொண்டிருந்தபோது கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்து, “மிஸ், மரியோவுக்கு என்ன வயசு?” என்று கேட்டான். வகுப்பு மொத்தமும் சிரித்தது. நான் வீடியோ கேம் ஆடுகிறவள் என்பது அவனுக்குத் தெரியாது. இத்தனை வருஷத்தில் எனக்குப் பிடித்த கேள்வியை யாரோ ஒருவர் கேட்டேவிட்டார் என்று எனக்கு ஒரே சந்தோஷம். அன்றைக்கு மணி அடித்துவிட்டது. பாதிதான் சொன்னேன். மீதியைச் சொல்லத்தான் இங்கே வந்திருக்கிறேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, மரியோ. சிவப்புத் தொப்பி, பெரிய மூக்கு, அடர்ந்த மீசை. குதித்துக் குதித்து ஓடுகிற அந்த ஆளை ஒரு தடவையாவது பார்த்திருப்பீர்கள். ஜப்பானில் நின்டென்டோ நிறுவனத்துக்காக ஷிகெரு மியாமோட்டோ உருவாக்கியவர். முதலில் தலைகாட்டியது 1981ல், ‘டாங்கி காங்’ என்ற ஆட்டத்தில். மீசையைப் பார்த்தால் என்ன வயது சொல்வீர்கள்? நாற்பது, நாற்பத்தைந்து? எங்கள் வகுப்பில் ஐம்பது வரைக்கும் போனார்கள். ஆனால் மியாமோட்டோ ஒரு பேட்டியில் சொன்ன வயது 24, 25. அவ்வளவுதான்! கல்யாணத்துக்குப் பெண் பார்க்க ஆரம்பிக்கிற வயது.

அப்படியானால் அந்த மீசை? அது வயதால் வந்த மீசை இல்லை. அந்தக் காலத்து இயந்திரத்தில் ஒரு முகத்துக்குக் கிடைத்தவை விரல்விட்டு எண்ணக்கூடிய புள்ளிகள். புள்ளிக் கோலம் போடுகிறவர்களுக்கு இது புரியும். நாலே நாலு புள்ளியில் வாய், உதடு என்றெல்லாம் வரைய முடியாது. மூக்குக்குக் கீழே ஒரு கோடு போட்டால் மீசையும் ஆயிற்று, வாய் எங்கே என்ற கேள்வியும் போயிற்று. தலைமுடி வரைவது தொல்லை, அதனால் தொப்பி. ஆக, மரியோவை நடுத்தர வயது ஆளாக நாம் நினைப்பதற்குக் காரணம் புள்ளிப் பஞ்சம்.

வேடிக்கை என்னவென்றால் இந்த 24, 25 அப்படியே நிற்கிறது. 1981ல் அவரைப் பார்த்த பத்து வயதுப் பையனுக்கு இன்றைக்கு ஐம்பதைத் தாண்டியிருக்கும். மரியோ இன்னும் இளவரசியைக் காப்பாற்ற ஓடிக்கொண்டிருக்கிறார். 2003ல் ஒரு கார் பந்தய ஆட்டம் வந்தது. அதில் பெரிய மரியோவும் ஓட்டுவார், கைக்குழந்தை மரியோவும் ஓட்டுவார், ஒரே பந்தயத்தில், ஒரே சமயத்தில். இந்தக் கணக்கைப் பரீட்சையில் கேட்டால் எந்தப் பெற்றோரும் என்னைச் சும்மா விடமாட்டார்கள்.

ஏன் அவருக்கு வயதாவதில்லை என்பதற்கு என்னிடம் ஒரு பதில் இருக்கிறது. இன்றைக்கு இதைப் பலமுறை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள். மரியோவுக்குப் பழையது எதுவும் ஞாபகத்தில் நிற்பதில்லை. போன ஆட்டத்திலும் இளவரசியை அதே வில்லன்தான் தூக்கிக்கொண்டு போனான், இந்த ஆட்டத்திலும் அவனேதான். மரியோ ஒரு தடவைகூட, “என்னம்மா இது, மறுபடியுமா?” என்று அலுத்துக்கொள்வதில்லை. அலுப்பில்லாத ஆளுக்கு எப்படி வயதாகும்?

இப்போது என் ஆளுக்கு வருகிறேன்.

2017 கடைசியில் என் மகனுக்குப் பெங்களூரில் வேலை கிடைத்தது. போகும்போது அவனுடைய பிளேஸ்டேஷனை, அதாவது வீடியோ கேம் பெட்டியை, விட்டுவிட்டுப் போனான். “வித்துடும்மா” என்றான். எனக்கு விற்க மனம் வரவில்லை. துடைத்து வைக்கிறேன் என்று எடுத்தவள், அதன் உள்ளே இருந்த ஆட்டத்தைப் போட்டுப் பார்த்தேன். பெயர் ‘யாகுசா ஜீரோ’. ஜப்பானில் இந்தத் தொடருக்குப் பெயர் ‘ரியூ கா கோதோகு’, அதாவது டிராகனைப் போல. செகா நிறுவனத்தின் ஆட்டம். யாகுசா என்றால் அந்த ஊர் ரவுடிக் கும்பல். டீச்சர் இதையெல்லாம் ஆடலாமா என்று கேட்பீர்கள். பெரியவர்களுக்கான ஆட்டம்தான், பிள்ளைகளிடம் கொடுக்காதீர்கள். எனக்கு அப்போது 49. நான் ஆடலாம்.

அதன் நாயகன் கிர்யூ கசுமா. பிறந்த தேதி 1968 ஜூன் 17. இதைப் படித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். நான் பிறந்தது அதே வருஷம் நவம்பரில். ஆனால் ‘ஜீரோ’வின் கதை நடப்பது 1988 டிசம்பரில். திரையில் நிற்பது 20 வயதுப் பையன், என் மகனைவிடச் சின்னவன். சாம்பல் நிறக் கோட்டு சூட்டு சகிதமாக நிற்கும் கிர்யூ கசுமாவாகத்தான் பின்னால் எல்லோருக்கும் அவனைத் தெரியும். இங்கே அவன் அந்த நிலைக்கு வரவில்லை. கோபம் பொசுக்கென்று வரும், பேசத் தெரியாது. நானும் அவனை “டேய், அந்தப் பக்கம் போகாதடா” என்றுதான் அதட்டிக்கொண்டிருந்தேன்.

அப்புறம் தொடரை வரிசையாக ஆட ஆரம்பித்தேன். இங்கேதான் எனக்குள் இருந்த கணக்கு டீச்சர் விழித்துக்கொண்டாள். தொடரின் முதல் ஆட்டம் ஜப்பானில் வெளியானது 2005 டிசம்பரில். கதை நடப்பதும் 2005 டிசம்பரில்தான். அடுத்தது வந்தது 2006 டிசம்பர், கதையும் அதே டிசம்பர். வெளியே நமக்கு ஒரு வயது கூடினால் உள்ளே அவனுக்கும் ஒன்று கூடுகிறது! முதல் ஆட்டத்தில் அவனுக்கு 37. நண்பன் செய்த கொலையைத் தன் தலையில் போட்டுக்கொண்டு 27 வயதில் சிறைக்குப் போய், பத்து வருஷம் கழித்து வெளியே வருகிறான். 2009ல் 40 வயது, ஓக்கினாவாவில் ஒன்பது பிள்ளைகள் இருக்கும் அனாதை இல்லத்தை நடத்துகிறான். 2012ல் ஃபுகுவோக்காவில் பெயரை மாற்றிக்கொண்டு டாக்சி ஓட்டுகிறான், 44. கூட்டிப் பாருங்கள், எங்குமே இடிக்காது.

அவன் மட்டும் இல்லை, தெருவும் வளர்கிறது. கதை நடக்கும் கமுரோச்சோ, டோக்கியோவில் இருக்கும் கபுகிச்சோ என்ற கேளிக்கைப் பேட்டையை அச்சாக வைத்துச் செய்தது. 1988ல் அங்கே ஒரு துண்டு நிலம் வெறுமனே கிடக்கிறது. அதற்காகத்தான் அத்தனை அடிதடியும். பின்னால் வரும் கதைகளில் அதே இடத்தில் வானளாவிய கோபுரம் ஒன்று நிற்கும். 88ல் ஆட்டத்தைச் சேமித்து வைக்க டெலிபோன் பூத்துக்குப் போக வேண்டும். 2016 கதையில் பூத்துக்குப் போகும் வேலை இல்லை, சட்டைப்பையில் செல்போன். நம் ஊரில் எஸ்டிடி பூத்துகள் எப்போது காணாமல் போயின என்று யாராவது கவனித்தீர்களா? நான் கவனிக்கவில்லை. இந்த ஆட்டத்தில்தான் கவனித்தேன்.

ஒரு குறையும் சொல்லிவிடுகிறேன். ஒவ்வொரு ஆட்டத்தின் தொடக்கத்திலும் அவனுக்குப் பாதி அடிதடி மறந்துபோயிருக்கும். திரும்ப முதலிலிருந்து கற்றுக்கொள்ள வேண்டும். மே மாத லீவு முடிந்து வரும் பிள்ளைகளுக்கு எட்டாம் வாய்ப்பாடு மறந்துபோவது மாதிரி. எங்கள் பிள்ளைகள் பாட்டி ஊருக்குப் போனேன் என்பார்கள். இவன் ஜெயிலுக்குப் போனேன் என்பான்.

நான் சொல்ல வந்த சம்பவம் 2016 கதையில் நடந்தது. முதல் ஆட்டத்தில் 9 வயதுச் சிறுமியாக ஹருகா என்று ஒரு பிள்ளை வருவாள். அவளை மகள் மாதிரி வளர்க்கிறான். இந்தக் கதையில் அவள் இருபதைத் தொட்டுவிட்டாள். ஒரு விபத்தில் நினைவிழந்து ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள். அவளுடைய கைக்குழந்தை ஹருதோவைத் தூக்கிக்கொண்டு, குழந்தையின் தகப்பன் யார் என்று தேடி ஹிரோஷிமா பக்கம் ஒரு சின்னத் துறைமுக ஊருக்குப் போகிறான். வயது 48. குழந்தை அழுகிறது. ஆட்டம் அப்படியே நின்றுவிடுகிறது. எப்படி ஆட்டினால் அழுகை அடங்கும் என்று நாம்தான் கண்டுபிடிக்க வேண்டும். இத்தனை ஆட்டங்களில் எத்தனை பேரின் முகத்தைப் பெயர்த்த கை அது! இப்போது அந்தக் கையால் ஒரு கைக்குழந்தையை மெல்ல மெல்ல ஆட்டுகிறேன். நிற்கவே மாட்டேன் என்கிறது. சமையலறையிலிருந்து என் கணவர், “பக்கத்து வீட்டுல யாருக்குக் குழந்தை?” என்று கேட்கிறார்.

அன்றைக்கு ராத்திரி மகனிடம் போனில் சொல்லிக்கொண்டிருந்தேன். “பாவம்டா, அவருக்குத் தூக்கமே இல்ல, குழந்தைய வச்சுக்கிட்டு எங்கெல்லாம் அலையறாரு...” அவன் நடுவில் நிறுத்தினான். “என்னம்மா, மரியாதை எல்லாம் கூடிடுச்சு? போன மாசம் வரைக்கும் அவன் இவன்னுதானே சொன்னே?”

எனக்கே தெரியவில்லை. எந்த இடத்தில் ‘அவன்’ ‘அவர்’ ஆனார் என்று யோசித்து யோசித்துப் பார்த்தேன், பிடிபடவில்லை. நம் வீட்டுப் பிள்ளைகள் விஷயத்திலும் அப்படித்தானே? அக்கா மகனை ஒருநாள் ‘வாங்க’ என்று கூப்பிடுகிறோம். அந்த ஒருநாள் எது என்று கேட்டால் யாருக்கும் சொல்லத் தெரியாது.

கிர்யூவுக்குக் குரல் கொடுப்பவர் தகாயா குரோடா. 2005 முதல் அவரேதான். இதிலும் ஒரு வயதுக் கணக்கு உண்டு: 20 வயதுக் கிர்யூவுக்குக் குரல் கொடுத்தபோது அவர் ஐம்பதை நெருங்கியிருந்தார்.

கடைசியாக நான் ஆடியது 2024 ஜனவரியில் வந்த ‘இன்ஃபினிட் வெல்த்’. கதை நடப்பது 2023ல். கிர்யூவுக்கு 55. முடி நரைத்திருக்கிறது. புற்றுநோய் வேறு. நான் ஆட ஆரம்பித்த ஆறு வருஷத்தில் எனக்கு ஆறு வயது கூடியது, அவருக்கு முப்பத்தைந்து. எனக்கும் 55. வந்து சேர்ந்துவிட்டார்! நான் ‘டேய்’ போட்டுக் கூப்பிட்டவர் ஐந்து மாதம் மூத்த அண்ணனாகிவிட்டார்.

அந்த ஆட்டத்தில், சாவதற்கு முன் செய்ய வேண்டியவை என்று அவருக்கு ஒரு பட்டியல் இருக்கிறது. தெருத்தெருவாக நடக்கிறார். ஒரு முக்கில் நிற்கிறார், இங்கேதான் இன்னாரோடு நின்றேன் என்று நினைத்துப் பார்க்கிறார். அப்படி ஒவ்வொன்றாக நினைத்துப் பார்க்கப் பார்க்க அவருடைய பலம் கூடுகிறது. உண்மையாகவே கூடுகிறது, ஆட்டத்தின் விதியே அது. நான் முன்னே சொன்னேன் இல்லையா, மரியோவுக்குப் பழைய ஞாபகம் இல்லை, அதனால் வயது இல்லை என்று? இங்கே அதையே திருப்பிப் போட்டிருக்கிறார்கள். ஜீரோவிலிருந்து ஆடி வந்தவர்களுக்கு அந்த முக்குகள் எல்லாம் தெரியும். ஒரு மதுக்கடை வாசலில் அவர் நின்றபோது, அடுத்து என்ன சொல்லப்போகிறார் என்று எனக்கு முன்கூட்டியே தெரிந்துவிட்டது. கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

ஸ்டுடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இரண்டு விரல் காட்டுகிறார்கள். இரண்டு நிமிஷமா? நான் பாதிதானே வந்திருக்கிறேன்! சரி, வேகமாகச் சொல்கிறேன்.

சாலிட் ஸ்னேக் என்று ஒருவர், ஹிதேயோ கோஜிமாவின் ‘மெட்டல் கியர்’ தொடர். 1987ல் தொடங்கியது. 2008ல் வந்த ஆட்டத்தில் கதைப்படி அவருக்கு 42, பார்த்தால் எழுபது. நகலெடுத்து உருவாக்கிய உடம்பு, சீக்கிரம் மூப்படையும்படியே செய்துவிட்டார்கள். ரொம்ப நேரம் குனிந்திருந்துவிட்டு எழுந்தால் இடுப்பைப் பிடித்துக்கொள்வார். இவரைப் பற்றி மட்டுமே பத்து நிமிஷம் எழுதி எடுத்து வந்திருந்தேன்.

அப்புறம் ‘ஸெல்டா’ தொடரின் லிங்க். 1998ல் வந்த ஆட்டத்தில் சிறுவனாக ஒரு வாளை உருவுகிறான். ஏழு வருஷம் தூங்கி எழும்போது இளைஞன். 2017ல் வந்ததில் நூறு வருஷம் தூங்கி எழுகிறான், ஒரு நரைகூட இல்லை. ஆட்டத்துக்கு ஆட்டம் பெரும்பாலும் அவன் வேறு வேறு லிங்க் என்பதால் அந்த வயதுகளைக் கூட்டவும் முடியாது, கழிக்கவும்...

முடிந்துவிட்டதாம். கடைசி பெஞ்சுத் தம்பி, இதைக் கேட்டுக்கொண்டிருந்தால், மரியோவுக்கு 24 அல்லது 25. நாளைக்கு வீட்டுப் பாடத்தை முடித்துவிட்டு வா. வணக்கம்.