எண்ட்கேம்: பூசணிக்காய் உடைச்ச பிறகு 15 மாசம் என்ன நடந்துச்சு?

வணக்கம். இந்த வாரம் ஒரே ஒரு கேள்வி தான் எடுத்துக்கறோம், பதில் கொஞ்சம் நீளம். ஒரு நேயர் கேட்டிருக்காரு: "அவெஞ்சர்ஸ் எண்ட்கேம் ஷூட்டிங் 2018 ஜனவரிலயே முடிஞ்சிருச்சுன்னு படிச்சேன். படம் 2019 ஏப்ரல் கடைசில தான் வந்துச்சு. நடுவுல 15 மாசம் சும்மா வச்சிருந்தாங்களா? ரிலீஸ் எந்த வருஷம்னு 2014-லயே எப்படி சொன்னாங்க?"

ரெண்டாவது பாதி சுலபம், அதை முதல்ல முடிச்சிடலாம். 2014 அக்டோபர் 28-ம் தேதி ஹாலிவுட்ல எல் கேப்பிட்டன் தியேட்டர்ல மார்வெல் ஒரு நிகழ்ச்சி வச்சாங்க. அங்க மார்வெல் ஸ்டுடியோஸ் தலைவர் கெவின் ஃபைகி, அவெஞ்சர்ஸ் இன்ஃபினிட்டி வார் ரெண்டு பாகமா வரும், முதல் பாகம் 2018 மே 4, ரெண்டாம் பாகம் 2019 மே 3-ன்னு அறிவிச்சாரு. அந்த ரெண்டாம் பாகத்துக்குத் தான் பின்னாடி எண்ட்கேம்னு பேரு வச்சாங்க. அன்னைக்கு கையில ஸ்கிரிப்ட் கிடையாது. டைரக்டர் யாருன்னே அறிவிக்கல. ரூஸோ சகோதரர்கள் பேரு அடுத்த வருஷம் தான் வெளிய வந்துச்சு. எழுத்தாளர்கள் கிறிஸ்டோபர் மார்கஸ், ஸ்டீஃபன் மெக்ஃபீலி பேரு அதுக்கும் அப்புறம். முகூர்த்தத் தேதி குறிச்சு, மண்டபத்துக்கு அட்வான்ஸும் குடுத்துட்டு, அப்புறமா பொண்ணு பாக்கக் கிளம்பற மாதிரி தான். மே முதல் வாரம் அமெரிக்கால கோடை சீசன் திறக்கற வாரம். அதுல துண்டு போட்டு வச்சுட்டா மத்த பெரிய கம்பெனிகள் ஒதுங்கிடும், ஐமேக்ஸ் ஸ்கிரீன் நமக்குக் கிடைக்கும், பொம்மை விக்கறவங்க வரைக்கும் எல்லாரும் அந்தத் தேதியை வச்சு திட்டம் போட்டுக்குவாங்க.

அதனால இந்த மாதிரி படத்துக்கு காலண்டர் பின்னாடில இருந்து முன்னாடி ஓடும். ரிலீஸ் தேதியை ஆணி அடிச்சு மாட்டிட்டு, டெலிவரி எப்ப, மிக்ஸிங் எப்ப, ஷூட்டிங் எப்ப முடியணும்னு பின்னோக்கி எண்ணிக்கிட்டே வருவாங்க. கடைசில என்ன மிஞ்சுதோ அது தான் ஸ்கிரிப்டுக்கு. இங்க எழுதற வேலை 2015 கடைசில தான் சூடு பிடிச்சது. அதே ஆளுங்க அப்போ சிவில் வார் படத்தையும் முடிச்சுக் குடுக்கணும், அது 2016 மேல ரிலீஸ். ரெண்டு படத்துக்கும் சேர்த்து ஒரே கதைத் திட்டமா உக்காந்து போட்டாங்க. அதுக்கப்புறம் ப்ரீவிஸ். தி தேர்ட் ஃப்ளோர்னு ஒரு கம்பெனி சண்டைக் காட்சிகளை கரடுமுரடான அனிமேஷனா முன்கூட்டியே செஞ்சு குடுத்தாங்க. இதைப் பார்த்து கேமரா எங்க வைக்கறதுன்னு மட்டும் முடிவு பண்றதில்ல. எவ்வளவு செட் நிஜமா கட்டணும், எங்க இருந்து நீலத் துணி (பின்னணியைக் கம்ப்யூட்டர்ல சேர்க்க), எத்தனை ஷாட், ஒரு ஷாட்டுக்கு எவ்வளவு விலைன்னு வி.எஃப்.எக்ஸ், அதாவது விஷுவல் எஃபெக்ட்ஸ் கம்பெனிகள் கொட்டேஷன் போடறதே இதை வச்சுத் தான். அப்போ ப்ரீவிஸ்ல இல்லாத ஒண்ணு பின்னாடி படத்துக்குள்ள வந்தா, அந்தச் செலவு யார் தலைல விழும்? இந்தக் கேள்விக்கு அப்புறமா வரேன்.

ஷூட்டிங் தேதிகளைப் பாருங்க. இன்ஃபினிட்டி வார் 2017 ஜனவரி 23-ல ஆரம்பிச்சு ஜூலை 14-ல முடிஞ்சது. எண்ட்கேம் அதே வருஷம் ஆகஸ்ட் 10-ல ஆரம்பிச்சு 2018 ஜனவரி 11-ல முடிஞ்சது. நடுவுல இடைவெளி நாலு வாரம் கூட இல்ல. முதல்ல போட்ட திட்டம் இன்னும் மோசம்: ரெண்டு படத்தையும் கலந்து எடுக்கறது. நம்ம ஊர்லயும் லொகேஷன் வாரியா தானே ஷெட்யூல் போடுவோம், காலைல இந்தப் பாகத்துல ஒரு சீன், மதியம் அடுத்த பாகத்துல ஒரு சீன்னு. ரொம்பச் சிக்கலாயிடுச்சுன்னு ஃபைகியே சொல்லி, ஒண்ணு முடிச்சு ஒண்ணுன்னு மாத்தினாங்க. ஆனாலும் அடுத்தடுத்து எடுத்தே ஆகணும். இத்தனை ஸ்டார்களோட கால்ஷீட்டை ரெண்டு தடவை ஒண்ணு சேர்க்க முடியாது. அட்லாண்டா பக்கத்துல பைன்வுட் ஸ்டுடியோவுல போட்ட செட்டைக் கலைச்சு மறுபடி கட்டறதும் நடக்கற காரியம் இல்ல. ஜார்ஜியா மாநிலம் செலவுல 30 சதவீதம் வரைக்கும் வரிச்சலுகை குடுக்குது, அதுவும் ஒரு காரணம்.

அடுத்தடுத்து எடுத்தா ஒரு பக்க விளைவு இருக்கு. கேப்டன் மார்வெலா ப்ரீ லார்சன் நடிச்ச எண்ட்கேம் காட்சிகளை முதல்ல எடுத்தாச்சு, அவங்க சொந்தப் படத்தோட ஷூட்டிங் அதுக்கப்புறம் தான். ஆனா தியேட்டருக்கு அவங்க படம் முந்தி வந்துச்சு, 2019 மார்ச்ல. மேக்கப், தலைமுடி, அந்த ஆளோட தோரணை எதுவும் முழுசா முடிவாகாத நேரத்துல கேமரா முன்னாடி நிக்கணும். ரெண்டு படத்துலயும் அவங்க தோற்றம் வேற வேற மாதிரி இருக்கறதுக்குக் காரணம் இது தான்.

இப்போ முக்கியமான கணக்குக்கு வரேன். ஜனவரி 2018-ல இருந்து ஏப்ரல் 2019 வரைக்கும் 15 மாசம்னு நீங்க எண்ணினது சரி. ஆனா டைரக்டர்கள், எடிட்டர்கள் ஜெஃப்ரி ஃபோர்ட், மேத்யூ ஷ்மிட், வி.எஃப்.எக்ஸ் சூப்பர்வைசர் டேன் டெலீவ், இவங்க எல்லாம் ரெண்டு படத்துக்கும் ஒரே ஆளுங்க. எண்ட்கேமுக்குப் பூசணிக்காய் உடைச்ச அன்னைக்கு இன்ஃபினிட்டி வார் முடியல, ரிலீஸுக்கு மூணரை மாசம் பாக்கி. அது போதாதுன்னு மார்ச் 1-ம் தேதி, அமெரிக்கால படம் மே 4-க்கு வராது, ஏப்ரல் 27-க்கே வருதுன்னு அறிவிப்பு. அப்போ எண்ட்கேம் மேல முழுக் கவனம் திரும்பினது 2018 மே மாசம்னு வச்சுக்கோங்க. 15 மாசம் அங்கயே 12-க்குக் கீழ வந்துருச்சு. அதுல செப்டம்பர், அக்டோபர் ரீஷூட்டுக்குப் போச்சு. அக்டோபர் முதல் வாரத்துல கிறிஸ் எவன்ஸ் ட்விட்டர்ல விடைபெற்றாரே, அது இந்த ரீஷூட்ல அவர் பங்கு முடிஞ்சப்போ தான். ரீஷூட்டுன்னா படம் சொதப்பிருச்சுன்னு அர்த்தம் இல்ல. மார்வெல் படங்களுக்கு அது முதல் நாளே பட்ஜெட்லயும் கால்ஷீட்லயும் எழுதி வச்ச விஷயம். நம்ம பேட்ச் ஒர்க் தான், அளவு மட்டும் பெருசு.

மிச்ச மாசங்கள்ல நடந்தது என்னன்னு புரியணும்னா ஒரு ஷாட்டைப் பின்தொடர்ந்து போகணும். இன்ஃபினிட்டி வார்ல வில்லன் தானோஸ் பேசற ஒரு ஷாட்டை எடுத்துக்கோங்க. செட்ல தானோஸா நடிக்கற ஜோஷ் ப்ரோலின், உடம்பு அசைவைப் பதிவு பண்ற மோஷன் கேப்சர் உடை போட்டு நிக்கறாரு. தலைல ஒரு ஹெல்மெட், அதுல இருந்து நீட்டின கம்பில முகத்தைப் பார்த்தபடி சின்ன கேமராக்கள். முகத்துல நூத்துச் சொச்சம் புள்ளிகள். தானோஸ் எட்டடி உயரம், அதனால ப்ரோலின் தலைக்கு மேல தானோஸ் முகம் போட்ட ஒரு அட்டை. எதிர்ல நிக்கற நடிகர் ப்ரோலின் கண்ணைப் பார்க்கக் கூடாது, அந்த அட்டையைப் பார்க்கணும். பார்வை ரெண்டு இஞ்ச் கீழ போனாலும் பின்னாடி சரி பண்றது பெரிய பாடு. அப்புறம் யாரும் இல்லாம அதே ஃப்ரேமை ஒரு தடவை எடுப்பாங்க, க்ளீன் ப்ளேட். குரோம் உருண்டை, சாம்பல் நிற உருண்டை வச்சு லைட் எந்தப் பக்கத்துல இருந்து எவ்வளவு விழுதுன்னு பதிவு பண்ணுவாங்க. இது ரெண்டும் அவசரத்துல விட்டுப்போச்சுன்னா செட்ல மிச்சம் ஆகறது ரெண்டு நிமிஷம், போஸ்ட்ல போறது பல நாள்.

அந்த முகப் பதிவை வச்சு டிஜிட்டல் டொமைன் கம்பெனி, மாஸ்கரேட்னு அவங்களே எழுதின மென்பொருள்ல, நூத்துச் சொச்சம் புள்ளிகளை சுமார் 40,000 புள்ளிகள் உள்ள முக அசைவா விரிச்சாங்க. டைட்டன் கிரகத்துச் சண்டையை செஞ்ச வெட்டா டிஜிட்டல் வேற வழில போனாங்க: முதல்ல கம்ப்யூட்டர்ல ஒரு ப்ரோலினைக் கட்டி, நடிப்பு அதுல சரியா உக்காந்துச்சான்னு பார்த்துட்டு, அதை தானோஸுக்கு மாத்தினாங்க. ஒரே கதாபாத்திரம், ரெண்டு கம்பெனி, ரெண்டு முறை, ஆனா பார்க்கறவனுக்கு ஒரே ஆளா தெரியணும். டெலீவ் மாதிரி ஒரு சூப்பர்வைசர் சம்பாதிக்கற சம்பளம் இதுக்குத் தான்னு சொல்லலாம்.

இது போக ரோட்டோ இருக்கு. ப்ளேட்ல, அதாவது கேமராவுல எடுத்த காட்சில இருக்கற நடிகரோட உருவத்தை ஓரம் பிடிச்சு ஃப்ரேம் ஃப்ரேமா வெட்டி எடுக்கறது. வினாடிக்கு 24 ஃப்ரேம், அஞ்சு வினாடி ஷாட்னா 120 ஃப்ரேம். கலைஞ்ச முடியும் புகையும் இருந்தா சாப்பாடு மறந்துரும். உலகத்துல நடக்கற இந்த ரோட்டோ, பெயிண்ட் வேலைல பெரிய பங்கு இந்தியாலயும் நடக்குது, சென்னைலயும் தான். எண்ட்கேம்ல வி.எஃப்.எக்ஸ் ஷாட்டுகள் மட்டும் ரெண்டாயிரத்துக்கு மேல.

ஷாட் கணக்கு இவ்வளவுதான்னா திட்டம் போட்டு முடிச்சிடலாம். ஆனா கதை நின்னு குடுக்காது. டைம் டிராவல் பண்ணும்போது எல்லாரும் போட்டிருக்கற வெள்ளை, சிவப்பு சூட் ஞாபகம் இருக்கா? ஷூட்டிங் நடந்தப்போ அந்த டிசைன் முடிவாகல. அதனால தையல்காரர் தைச்ச சூட்டே கிடையாது. நடிகர்கள் வேற உடைல நடிச்சுட்டுப் போனாங்க, கழுத்துக்குக் கீழ முழுக்க சி.ஜி., கம்ப்யூட்டர்ல வரைஞ்சது. ஃப்ரேம்ஸ்டோர் கம்பெனி செஞ்சது. இதுல கஷ்டம் சூட் இல்ல, கழுத்து. நிஜத் தோலும் பொய்த் துணியும் சந்திக்கற அந்த விளிம்புல, தலை திரும்பும்போது காலர் நிழல் தாடைல விழணும், துணி மடியணும், ஒவ்வொரு ஃப்ரேம்லயும். முடிவைத் தள்ளிப் போடறதுக்கு கொடுக்கற விலை இது. ஒரு காஸ்ட்யூம் டிசைனர் ரெண்டு மாசம் முன்னாடி சரின்னு சொல்லியிருந்தா மிச்சமாகற உழைப்பு. இந்த வசதி ஸ்டுடியோவுக்குப் பழகிப்போச்சுங்கறது என் கருத்து.

இன்னொண்ணு ஹல்க். ஹல்க்கும், ஹல்க்கா மாறற விஞ்ஞானி பேனரும் சமாதானமாகி ஒரே ஆளா மாறற இடம், முதல்ல போட்ட திட்டத்துல இன்ஃபினிட்டி வார் க்ளைமாக்ஸ்ல, வகாண்டா சண்டைல இருந்துச்சு. ஹல்க்பஸ்டர் கவசத்தைக் கிழிச்சுட்டு வெளிய வர்றது. எடிட்ல வச்சுப் பார்த்தா, படம் தோல்வியை நோக்கி இறங்கற நேரத்துல இது மட்டும் விசில் அடிக்க வைக்குது. அதை வெட்டிட்டாங்க. பேனர் கடைசி வரைக்கும் கவசத்துக்குள்ளயே இருக்கற மாதிரி அந்தச் சண்டை மாறிச்சு. ஆனா எண்ட்கேம்ல அவர் மாறின ஆளாத் தானே வர்றாரு, எப்போ மாறினாருன்னு ஜனங்க கேப்பாங்களே. அதுக்காகப் புதுசா எழுதிச் சேர்த்தது தான் அந்த ஹோட்டல் சீன், சாப்பிட்டுக்கிட்டே உக்காந்து விளக்கம் சொல்றது. ஒரு படத்துல ஒரு சீனை உருவினா அடுத்த படத்துல ஒரு சீன் முளைக்குது.

இப்படி மாத்தும்போது தான், செலவு யார் தலைல விழும்னு முன்னாடி கேட்ட கேள்வி வருது. வி.எஃப்.எக்ஸ் ஒப்பந்தம் பெரும்பாலும் மொத்தத் தொகைக்கு. ஷாட் பட்டியல் மாறினா சேர்த்துக் கேக்கலாம் தான். ஆனா ஒரே ஷாட்டுக்குள்ள "இன்னும் கொஞ்சம் மாத்திப் பார்க்கலாம்"னு வர்ற எட்டாவது, ஒன்பதாவது திருத்தத்துக்கு அழுத்திக் கேட்டா அடுத்த படம் கிடைக்காது. தேதி நகராது, திருத்தம் நிக்காது, அப்போ நீளறது ராத்திரி ஷிஃப்ட் தான். 2023-ல மார்வெல்லோட சொந்த வி.எஃப்.எக்ஸ் ஊழியர்கள் ஒருத்தர் கூட எதிர்க்காம ஓட்டுப் போட்டு யூனியன் அமைச்சாங்கன்னா, சும்மா இல்ல.

ரீஷூட்டோட நின்னுச்சான்னா அதுவும் இல்ல. ஐயர்ன் மேன் டோனி ஸ்டார்க் கடைசில சொல்ற "ஐ ஆம் ஐயர்ன் மேன்" முதல்ல எடுத்ததுல கிடையாது. எடிட் ரூம்ல ஜெஃப்ரி ஃபோர்ட் சொன்ன யோசனை. எல்லாம் முடிஞ்ச பிறகு, டோனியா நடிச்ச ராபர்ட் டவுனியை மறுபடி வரவழைச்சு எடுத்தாங்க. படத்துலயே அதிகம் பேசப்பட்ட வசனம் ஒரு பேட்ச் ஒர்க்.

கடைசி வாரங்கள்ல ஒரு ஷாட் தாமதமானா இழுத்துட்டுப் போறது நிறைய. படம் முழுக்க ஐமேக்ஸ் டிஜிட்டல் கேமராவுல எடுத்தது. ஐமேக்ஸ்ல ஃப்ரேம் உயரம் அதிகம், சாதா தியேட்டர்ல மேலயும் கீழயும் வெட்டுப்படும். அதனால ஷாட் ரெண்டு அளவுலயும் சரியா இருக்கணும். 3டி நேரடியா எடுக்கல, பின்னாடி மாத்தினது, அதுக்கும் முடிஞ்ச ஷாட் தான் வேணும். டி.ஐ. (நிறம் சரி பண்ற வேலை), ரீரெக்கார்டிங், அட்மாஸ் மிக்ஸிங், சப்டைட்டில் எல்லாத்துக்கும் கடைசி எடிட் பூட்டியாகணும். மொத்தம் 181 நிமிஷம்.

நம்ம தமிழ் டப்பிங்கும் இந்த நெருக்கடிக்குள்ள தான். எண்ட்கேமுக்குத் தமிழ் வசனம் ஏ.ஆர்.முருகதாஸ், ஐயர்ன் மேனுக்கு விஜய் சேதுபதி, பிளாக் விடோவுக்கு ஆண்ட்ரியா. இந்த மாதிரி படங்களுக்கு டப்பிங்குக்கு வர்ற பிரிண்ட்ல சி.ஜி. பாதி முடிஞ்சிருக்காது, படத்து மேல வாட்டர்மார்க் ஓடும், ரகசியத்துக்காக சில சமயம் பேசற முகம் தவிர மத்ததெல்லாம் கறுப்பாக்கி அனுப்புவாங்க. எதிர்ல யார் நிக்கறாங்கன்னு தெரியாம உணர்ச்சியைப் பிடிக்கணும். எடிட் மாறி புதுப் பிரிண்ட் வந்தா, ஏற்கெனவே பேசினதை லிப் பார்த்து மறுபடி பேசணும். ஹெல்மெட் மூடியிருக்கற ஷாட் மட்டும் தான் நிம்மதி, அங்க எவ்வளவு நீளத் தமிழ் வாக்கியம் வேணாலும் வைக்கலாம்.

டவுனியை இளமையாக்கினது, 1970 சீன்ல மைக்கேல் டக்ளஸை இளமையாக்கினது பத்தியும் சிலர் கேட்டிருக்கீங்க. அது லோலாங்கற கம்பெனி செய்யற வேற வகை வேலை, இதுல அடைக்க முடியாது. தனியா ஒரு வீடியோவுல பார்க்கலாம்.