அடுப்பையும் புகையையும் சேர்த்தே அளப்போம்

நேயர்களுக்கு வணக்கம்.

மேட்டூரில் இருந்து காவிரியை ஒட்டியே கரூர் வரை வந்தால் வழியெல்லாம் புகைபோக்கிகள் தெரியும். மேட்டூர் அனல்மின் நிலையம், சங்ககிரிப் பக்கம் சிமென்ட் ஆலை, மோகனூரில் சர்க்கரை ஆலை, புகளூர்ப் பக்கம் காகித ஆலை. பவானி ஆற்றுப் பக்கம் திரும்பினால் சத்தியமங்கலம், ஆப்பக்கூடல் சர்க்கரை ஆலைகள். சர்க்கரை ஆலைகளில் கரும்புச் சக்கையை எரித்து, ஆலைக்கு வேண்டிய நீராவியையும் மின்சாரத்தையும் எடுத்துக்கொண்டு, மிஞ்சும் மின்சாரத்தை வெளியே விற்கிறார்கள். இப்படிப்பட்ட நிலையங்களைப் புதிதாகக் கட்டி ஓட்டிக் கொடுக்கும் வேலையில்தான் என் காலம் போனது.

இன்று நான் பேச வந்தது ஒரு குறிப்பிட்ட நாளைப் பற்றி. கட்டிக் கொடுத்த நிறுவனத்திடம் இருந்து ஆலைக்காரர்கள் நிலையத்தை ஏற்றுக்கொள்ளும் நாள். இத்தனை கிலோ எரிபொருளுக்கு இத்தனை யூனிட் வரும், புகையில் இத்தனை மில்லிகிராமுக்கு மேல் தூசி இருக்காது என்று ஒப்பந்தத்தில் எழுதியிருப்பார்கள். அந்த இரண்டு வாக்கும் நிறைவேறியதா என்று அன்றைக்கு அளந்து பார்க்க வேண்டும். அதுவும் இரண்டையும் ஒரே நேரத்தில் அளக்க வேண்டும். இதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். காரணத்தைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தை நீக்கிவிடலாம். அனல்மின் அலகு ஒன்று வணிக உற்பத்தியைத் தொடங்கியதாக அறிவிக்கும் முன் முழுச் சுமையில், அதாவது தன் முழு உற்பத்தித் திறனில், 72 மணி நேரம் தொடர்ந்து ஓடிக் காட்ட வேண்டும் என்பது நாட்டின் மின்தொகுப்பு விதி. அது முடிந்தால் பூஜை போட்டு, இனிப்புக் கொடுத்து, எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்று கிளம்பிவிடுகிறார்கள். ஆனால் 72 மணி நேரம் நிற்காமல் ஓடியது என்றால், நிற்காமல் ஓடியது என்று மட்டும்தான் அர்த்தம். எவ்வளவு தின்றது, எவ்வளவு கக்கியது என்பதற்கு அதில் பதில் இல்லை. அதற்கென்று தனியாக உத்தரவாதச் சோதனை உண்டு. எங்கள் தொழிலில் அதை பிஜி டெஸ்ட் என்போம். ஏஎஸ்எம்இ என்னும் அமெரிக்க இயந்திரப் பொறியாளர் சங்கம், கொதிகலனுக்கு பிடிசி 4, நீராவி டர்பைனுக்கு பிடிசி 6, மொத்த நிலையத்துக்கு பிடிசி 46 என்று சோதனை முறைகளை எழுதி வைத்திருக்கிறது. கொதிகலனுக்கு நம் நாட்டுத் தரநிலையான ஐஎஸ் 8753-ம் இருக்கிறது.

இந்தச் சோதனையில் முக்கியமான எண் ஹீட் ரேட். ஒரு யூனிட் மின்சாரம் எடுக்க எத்தனை கிலோகலோரி வெப்பம் செலவாகிறது என்பதுதான் அது. ஒரு யூனிட் மின்சாரமும் 860 கிலோகலோரி வெப்பமும் சமம். ஹீட் ரேட் 2400 என்றால் 860-ஐ 2400-ஆல் வகுத்துக்கொள்ளுங்கள், செயல்திறன் ஏறக்குறைய 36 சதவீதம். 2400-க்கும் 2450-க்கும் என்ன பெரிய வித்தியாசம் என்று தோன்றலாம். மேட்டூரில் 2013-ல் ஓடத் தொடங்கிய 600 மெகாவாட் அலகைப் போன்ற ஒன்றை எடுத்துக்கொள்வோம். ஆண்டு முழுவதும் சராசரியாக 80 சதவீதச் சுமையில் ஓடுகிறது, நிலக்கரி கிலோவுக்கு 3500 கிலோகலோரி தருகிறது என்று வைத்துக் கணக்குப் போட்டால், அந்த 50 கிலோகலோரி வித்தியாசத்துக்கு மட்டும் ஆண்டுக்கு ஏறக்குறைய 60,000 டன் நிலக்கரி கூடுதலாக எரியும். அதோடு 80,000 டன்னுக்கு மேல் கரியமில வாயு, அதற்குண்டான சாம்பல். அதுவும் ஒரு வருஷத்துக்கு. நிலையமோ இருபத்தைந்து, முப்பது வருஷம் நிற்கப் போகிறது.

சரி, சக்கைக்கு வருவோம், நம் பக்கத்தில் அதுதான் அதிகம். சர்க்கரை ஆலை முதலாளிகள் பலரும் இடறும் இடம் ஒன்று இங்கே இருக்கிறது. ஒரு நிறுவனம் தன் கொதிகலனின் செயல்திறன் 70 சதவீதம் என்கிறது, இன்னொன்று 88 என்கிறது. 88-காரர்தான் கெட்டிக்காரர் என்று நினைத்துவிடக் கூடாது. ஆலையில் இருந்து வரும் சக்கையில் பாதி தண்ணீர். அப்படிப்பட்ட சக்கைக்கு மொத்த வெப்ப மதிப்பு கிலோவுக்கு 2270 கிலோகலோரி அளவில் இருக்கும். அந்தத் தண்ணீரும், எரியும்போது ஹைட்ரஜனில் இருந்து உண்டாகும் தண்ணீரும் ஆவியாகிப் புகையோடு போகும்போது 460 கிலோகலோரி வரை எடுத்துக்கொண்டு போய்விடும். அதைக் கழித்தால் நிகர வெப்ப மதிப்பு 1800 சொச்சம். மொத்த மதிப்பை வைத்து வகுத்தால் 70 வரும் அதே கொதிகலனுக்கு, நிகர மதிப்பை வைத்து வகுத்தால் 88 வரும். இரண்டும் சரியான கணக்குத்தான். ஒப்பந்தத்தில் எந்த மதிப்பு என்று எழுதாமல் விடுவதுதான் தப்பு. எழுதாத ஒப்பந்தங்களை நான் பார்த்திருக்கிறேன். சோதனை அன்றைக்கு அதில்தான் சண்டை தொடங்கும்.

அடுத்தது மாதிரி எடுப்பது. கன்வேயரில் ஓடும் சக்கையில் இருந்து குறித்த இடைவெளியில் எடுத்து, உடனே காற்றுப் புகாத பையில் போட்டுக் கட்டி, இரு தரப்பும் கையெழுத்துப் போட வேண்டும். முற்றத்தில் வெயில் காய்ந்த குவியலின் மேல்பக்கத்தில் அள்ளினால் அது வேறு சரக்கு. ஈரப்பதம் 50-க்குப் பதில் 52 என்றாலே வெப்ப மதிப்பு 4 சதவீதம் குறைந்துவிடும். நம் ஊரில் பால் சொசைட்டியில் ஊற்றும்போதே, ஊற்றுகிறவர் கண் எதிரில், கொழுப்பும் டிகிரியும் பார்ப்பார்கள் அல்லவா? அந்த ஒழுங்கு இங்கேயும் வேண்டும். சக்கையை எடைபோடுவதும் சுலபமில்லை. கொதிகலன் எடுத்தது போக மீதி திரும்பிப் போய்க்கொண்டே இருக்கும். அதனால்தான் எரிபொருளை எடைபோட்டு வகுக்கும் நேர்முறையை விட, புகையில் எவ்வளவு வெப்பம் போச்சு, ஈரத்தில் எவ்வளவு, எரியாத கரியில் எவ்வளவு என்று இழப்புகளை ஒவ்வொன்றாகக் கழிக்கும் மறைமுக முறையை நான் அதிகம் நம்புகிறேன். அதில் எந்த இடத்தில் ஒழுகுகிறது என்பதும் தெரிந்துவிடும். புகையின் வெப்பநிலை ஏறக்குறைய 20 டிகிரி கூடினாலே ஒரு சதவீதம் செயல்திறன் போய்விடும்.

டர்பைன் பக்கத்தில் வால்வு ஒழுக்குதான் எதிரி. பிடிசி 6 முறைப்படி, கணக்கில் வராத கசிவு டர்பைனுக்குள் போகும் நீராவியில் 0.1 சதவீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது. மணிக்கு 100 டன் நீராவி என்றால் 100 கிலோ. வடிகால் வால்வு இரண்டு சரியாக மூடாவிட்டால் போதும், அந்த அளவைத் தாண்டிவிடும்.

பருவமும் உள்ளே வரும். கரூரில் சித்திரை மதியம் 40 டிகிரி அடிக்கும்போது குளிர்கோபுரத்தில் இருந்து வரும் தண்ணீர் சூடாக இருக்கும், டர்பைனை விட்டு வரும் நீராவியைத் தண்ணீராக்கும் கண்டென்சரில் வெற்றிடம் குறையும், டர்பைன் கூடுதலாகத் தின்னும். மார்கழிக் காலையில் அதே டர்பைன் நல்ல பிள்ளை. பாலக்காட்டுக் கணவாய்க் காற்று வீசும் ஆடியில் இன்னொரு கணக்கு. ஆகவே, அன்றைய நிலைமைக்கு ஏற்ப எண்ணை எவ்வளவு கூட்டிக் குறைக்கலாம் என்று காட்டும் திருத்தக் கோடுகள் வேண்டும். அவற்றைச் சோதனைக்கு முன்பே இரு தரப்பும் ஒத்துக்கொண்டு கையெழுத்திட்டிருக்க வேண்டும். எண்கள் வந்த பிறகு பெட்டியில் இருந்து எடுக்கும் திருத்தக் கோட்டை நான் ஒருபோதும் ஏற்றதில்லை.

அப்புறம் புகை. 2015 டிசம்பரில் மத்திய அரசு அனல்மின் நிலையங்களுக்குப் புது வரம்புகள் கொண்டுவந்தது. 2003-க்குள் வந்த அலகுகளுக்குத் தூசி 100 மில்லிகிராம், 2004 முதல் 2016 வரை வந்தவற்றுக்கு 50, 2017-க்குப் பின் வருபவற்றுக்கு 30. எல்லாம் இயல்பு நிலையில், அதாவது குறித்த வெப்பநிலைக்கும் அழுத்தத்துக்கும் திருத்திய, ஒரு கன மீட்டர் புகைக்கு. மேட்டூரில் 1987 முதல் 1990 வரை வந்த 210 மெகாவாட் அலகுகளுக்கு ஒரு வரம்பு, 600 மெகாவாட் அலகுக்கு வேறொரு வரம்பு. கந்தக டை ஆக்சைடுக்கான கெடு பலமுறை தள்ளிப்போய், 2025 ஜூலையில் பெரும்பாலான நிலையங்களுக்கு அந்த வரம்பே தளர்த்தப்பட்டது. எனக்கு அதில் வருத்தம் உண்டு. வரம்பு தளர்ந்தாலும் அளப்பது தளரக் கூடாது.

இந்த மில்லிகிராமில் ஒரு நுட்பம் இருக்கிறது. புகையில் காற்றைக் கலந்தால் தூசி குறைந்த மாதிரி தெரியும். அதனால்தான் நிலக்கரி நிலையங்களில் அளவை 6 சதவீத ஆக்ஸிஜனுக்குத் திருத்திச் சொல்ல வேண்டும். கருவி 40 மில்லிகிராம் காட்டுகிறது, அந்த நேரத்தில் புகையில் ஆக்ஸிஜன் 10 சதவீதம் என்று வையுங்கள். காற்றில் ஆக்ஸிஜன் 21 சதவீதம்; அதில் 6 போனால் 15, 10 போனால் 11. 40-ஐ 15-ஆல் பெருக்கி 11-ஆல் வகுத்தால் 54 மில்லிகிராமுக்கு மேல் வரும். 50 வரம்புள்ள அலகு என்றால் தேர்ச்சி இல்லை. ஆக்ஸிஜன் அளவு எழுதாத புகை அறிக்கையை நம்பவே வேண்டாம்.

தூசி எடுக்கும் குழாயின் முனையில் உறிஞ்சும் வேகமும் புகை ஓடும் வேகமும் ஒன்றாக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் பெரிய துகள்கள் கூடவோ குறையவோ விழும். அந்தக் குழாயை நுழைக்கும் துளைகள் வளைவுகளுக்குப் பக்கத்தில் இல்லாமல், புகைபோக்கியின் விட்டத்தைப் போல எட்டு மடங்கு நேரான ஓட்டத்துக்குப் பிறகு இருப்பது நல்லது. ஏணியும் மேடையும் கட்டும்போதே வேண்டும். கட்டி முடித்துவிட்டு அந்த உயரத்தில் ஒரு ஆளைத் தொங்கவிட்டு மாதிரி எடுக்கச் சொல்வது அநியாயம். தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்துக்குத் தொடர்ந்து தகவல் அனுப்பும் ஆன்லைன் கருவியையும் இதே நாளில், இந்தக் கைமுறைச் சோதனையோடு ஒப்பிட்டுப் பல சுமைகளில் சரிபார்க்க வேண்டும். அந்த ஒப்பீடு இல்லாவிட்டால் அது அனுப்பும் எண்களுக்கு ஆதாரம் இல்லை.

இப்போது, இரண்டையும் ஏன் ஒரே நேரத்தில் அளக்க வேண்டும் என்ற கேள்விக்கு வருகிறேன். கொதிகலனுக்குக் கொடுக்கும் காற்றைக் குறைத்தால் புகையோடு போகும் வெப்பம் குறையும், விசிறிகள் இழுக்கும் மின்சாரமும் குறையும். புகையில் ஆக்ஸிஜன் மூன்றரை சதவீதம் என்றால் தேவைக்கு மேல் 20 சதவீதக் காற்று, 6 சதவீதம் என்றால் 40 சதவீதக் காற்று. ஆனால் ரொம்பக் குறைத்தால் எரியாத கரியும் கார்பன் மோனாக்சைடும் புகையில் வரும். காற்றைக் கூட்டினால் எரிவது சுத்தமாகும், வெப்பம் வீணாகும், புகை வேகமெடுத்து, மின்சாரத்தால் தூசியை இழுக்கும் ஈஎஸ்பி என்னும் தூசிபிடிப்பானில் தூசி சிக்காமல் போகும். ஈஎஸ்பியின் மின்புலம் ஒன்றை அணைத்தால் நிலையத்தின் சொந்த மின்செலவு குறையும், தூசி கூடும். ஒன்றைப் பிடித்தால் ஒன்று நழுவுகிற விஷயம் இது.

நம் பகுதியில் ஒரு சர்க்கரை ஆலையில் நடந்ததைச் சொல்கிறேன். கட்டிக் கொடுத்தவர்கள் முதல் நாள் செயல்திறன் சோதனை வைத்தார்கள். காற்று இறுக்கமாக, ஈஎஸ்பியில் ஒரு புலம் அணைத்து, எண் பிரமாதமாக வந்தது. மறுநாள் புகைச் சோதனை. சுமையைக் குறைத்தார்கள், எல்லாப் புலத்தையும் போட்டார்கள், காற்றைத் திறந்துவிட்டார்கள். அதுவும் தேர்ச்சி. முதல் நாள் ஓடிய நிலையம் வேறு, இரண்டாம் நாள் ஓடிய நிலையம் வேறு. இரண்டு வாக்கையும் சேர்த்துக் காப்பாற்றும் நிலையம் அங்கே இன்னும் இல்லவே இல்லை. முழுச் சுமையில், ஒரே நேரத்தில் இரண்டையும் திரும்ப எடுக்க வேண்டும் என்று நாங்கள் நின்றோம். கசப்பான பேச்செல்லாம் வந்தது.

திரும்ப ஓட்டியபோது கன்ட்ரோல் ரூமில் இருந்த கோபிப் பக்கத்து ஆபரேட்டர் ஒருவர், "சார், ஐடி ஃபேன் ஆம்பியர் ஏறிக்கிட்டே இருக்குதுங்க, இது சக்கையால இல்லீங்க" என்றார். புகையை உறிஞ்சிப் புகைபோக்கிக்குத் தள்ளும் விசிறிதான் ஐடி ஃபேன். அவர் சொன்னது சரி. காற்றைச் சூடாக்கும் ஏர் பிரீஹீட்டர் குழாய்களில் ஒழுக்கு. உள்ளே போக வேண்டிய காற்று நேராகப் புகைக்குள் போய்க்கொண்டிருந்தது. அதனால் விசிறிக்கும் சுமை, ஈஎஸ்பிக்கும் சுமை. குழாய்களை மாற்றிய பிறகு எடுத்த சோதனையில் இரண்டு வாக்கும் ஒன்றாக நிறைவேறின. தனித்தனியாக அளந்ததையே ஏற்றிருந்தால் அந்த ஒழுக்கு வருஷக்கணக்கில் அங்கேயே இருந்திருக்கும். ஆலைக்கு எரிபொருள் நட்டம். பக்கத்துத் தோட்டத்துக்காரருக்கு வாழை இலையில் கரித்தூள்.

அந்தத் தோட்டத்துக்காரரை நினைத்துத்தான் இதைச் சொல்கிறேன். ஆலைக்காரர்களே, கடைசித் தவணைப் பணத்தை இந்தச் சோதனையோடு கட்டி வையுங்கள். பணம் கைமாறிய பிறகு குழாய் மாற்ற யாரும் வர மாட்டார்கள். நம் பொறியியல் கல்லூரிப் பிள்ளைகளே, உங்கள் ஊருக்குப் பக்கத்தில் புது நிலையம் வந்தால் அனுமதி கேட்டு அந்தச் சோதனையைப் போய்ப் பாருங்கள். நான்கு வருஷப் பாடமும் அந்த ஒரு நாளில் கண்ணுக்குத் தெரியும்.

சுற்றுவட்ட ஊர்க்காரர்களுக்கும் வழி இருக்கிறது. பெரிய நிலையங்களுக்குச் சுற்றுச்சூழல் அனுமதி தருவதற்கு முன் பொதுமக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் நடத்த வேண்டும் என்பது 2006-ம் ஆண்டு அறிவிக்கை. அந்தக் கூட்டத்திலேயே, ஏற்றுக்கொள்ளும் நாளில் செயல்திறனும் புகையும் சேர்த்து அளக்கப்படுமா என்று கேட்டுப் பதிவு செய்யுங்கள். ஓடத் தொடங்கிய பிறகு, மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திடம் உள்ள புகை அறிக்கையின் நகலை 2005-ம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டப்படி மனுப் போட்டுக் கேட்கலாம். நகல் கைக்கு வந்ததும் அளந்த நேரம், அப்போது ஓடிய மெகாவாட், புகையில் இருந்த ஆக்ஸிஜன் ஆகிய மூன்றையும் முதலில் தேடுங்கள். மூன்றில் ஒன்று இல்லாவிட்டாலும் அதைக் கேட்டு அடுத்த மனுவைப் போடுங்கள்.

வணக்கம்.