தோற்றவரின் பேச்சையும் எழுதிவைத்தவர்கள்

எல்லாருக்கும் வணக்கம். யூதர்களின் வரலாறு என்று தலைப்பு கொடுத்திருக்கிறீர்கள். எகிப்து மன்னன் மெர்னெப்தாவின் கல்வெட்டு ஒன்றில், கி.மு. 1208 வாக்கில், யூதர்களின் முன்னோரைக் குறிக்கும் இஸ்ரேல் என்ற பெயர் வருகிறது. நமக்குக் கிடைத்த வரையில் அந்தப் பெயர் எழுத்தில் வருவது அதுதான் முதல் தடவை. அந்தக் கல்வெட்டு என்ன சொல்கிறது தெரியுமா? இஸ்ரேல் பாழாகிவிட்டது, அதன் வித்து இனி இல்லை என்கிறது. ஒரு மக்களைப் பற்றிய முதல் செய்தியே அவர்கள் அழிந்துபோனார்கள் என்பதுதான். அதற்குப் பிறகு 3,200 ஆண்டுகள் ஓடிவிட்டன. அத்தனையையும் இன்று ஒரு மாலையில் சொல்ல முடியாது, அதனால் எனக்கு மிகவும் முக்கியமாகப் படுகிற ஒரே ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டு பேசுகிறேன். கோயிலே போன பிறகு ஒரு மதம் எப்படிப் பிழைத்தது?

நமக்குத் தெருவுக்கு ஒரு கோயில் உண்டு. ஒன்று சிதைந்தால் பக்கத்து ஊரில் இன்னொன்று இருக்கும். அவர்களுடைய வேதச் சட்டப்படி பலி கொடுக்க உலகத்திலேயே ஒரு இடம்தான், எருசலேம் கோயில். கி.மு. 586இல் பாபிலோன் அரசன் நேபுகாத்நேச்சார் அதை இடித்து, முக்கியமானவர்களையெல்லாம் பாபிலோனுக்குக் கொண்டுபோனான். அந்தக் காலத்து வழக்கப்படி இத்துடன் கதை முடிந்திருக்க வேண்டும். ஊர் தோற்றால் அந்த ஊர்ச் சாமியும் தோற்றது, அவ்வளவுதான். ஆனால் அதற்குச் சில ஆண்டுகள் முன்பே, முதல் தடவை பாபிலோனுக்கு நாடுகடத்தப்பட்டவர்களுக்கு எரேமியா தீர்க்கதரிசி ஒரு கடிதம் எழுதியிருந்தார்: வீடு கட்டிக் குடியிருங்கள், தோட்டம் போடுங்கள், பிள்ளைகளுக்குக் கல்யாணம் செய்து வையுங்கள், நீங்கள் இருக்கிற நகரத்தின் நன்மைக்காக வேண்டிக்கொள்ளுங்கள். எதிரியின் நகரத்துக்காக வேண்டிக்கொள்ளச் சொல்கிறார்! கடவுள் ஒரு ஊருக்குள் அடங்கியவர் இல்லை என்பது அவர்களுக்கு ஒரு தத்துவமாக மட்டும் வரவில்லை, அந்நிய மண்ணில் தோட்டம் போட்டு, வேர்வை சிந்தி, அனுபவமாக வந்தது.

பாரசீக மன்னன் கோரேசு பாபிலோனைப் பிடித்ததும் திரும்பிப் போக அனுமதி கிடைத்தது. கோயிலை மறுபடி கட்டினார்கள். ஆனால் எல்லாரும் திரும்பவில்லை. பாபிலோனிலேயே தங்கிவிட்டவர்களின் வழிவந்தவர்கள் பிறகு செய்த காரியம்தான் பெரியது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

இரண்டாவது கோயிலை கி.பி. 70இல் ரோமத் தளபதி தீத்து எரித்தான். ரோம் நகரத்தில் அவன் பெயரில் ஒரு வெற்றி வளைவு இன்றும் நிற்கிறது, அதில் கோயிலின் ஏழு கிளை விளக்கைப் படைவீரர்கள் தோளில் சுமந்துபோவதைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள். வேறு யாராவது இதைப் பார்த்தால் அது ரோமின் பெருமை. ஒரு யூதர் பார்த்தால் என்ன நினைப்பார் என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன்.

முற்றுகை நடந்துகொண்டிருந்தபோது யோகனான் பென் சக்காய் என்ற முதிய ஆசிரியர் நகரத்துக்குள் மாட்டிக்கொண்டிருந்தார். உள்ளே இருந்த யூதக் கிளர்ச்சிக்காரர்கள் யாரையும் வெளியே போக விட மாட்டார்கள், பிணத்தை மட்டும்தான் விடுவார்கள். அதனால் செத்தவர்போலப் படுத்துக்கொண்டார், எலியேசர், யோசுவா என்ற இரண்டு சீடர்கள் அவரைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தார்கள். அந்த இரண்டு பெயர்களையும் நினைவில் வையுங்கள். அப்போதைய ரோமத் தளபதி வெஸ்பாசியனிடம் அவர் கேட்டது யாவ்னே என்ற சின்ன ஊரையும் அங்குள்ள அறிஞர்களையும். இது தால்மூத் என்ற யூத விவாத நூல் சொல்கிற கதை, அப்படியே நடந்ததா என்பது வேறு விஷயம். ஆனால் அந்த மக்கள் தங்களைப் பற்றிச் சொல்லிக்கொள்ள இந்தக் கதையைத் தேர்ந்தெடுத்தார்கள் பாருங்கள்! கோயிலைக் காப்பாற்று என்று கேட்கவில்லை, பள்ளிக்கூடத்தைக் கொடு என்று கேட்டார்.

பிறகு ஒருநாள் இடிபாடுகளைப் பார்த்து யோசுவா அழுதாராம், நம் பாவத்துக்குப் பரிகாரம் செய்த இடம் போய்விட்டதே என்று. ஆசிரியர் சொன்னார்: கவலைப்படாதே, அதற்கு ஈடான பரிகாரம் ஒன்று நமக்கு இருக்கிறது, பிறருக்குச் செய்கிற அன்பு. பலிக்குப் பதில் ஜெபம் வந்தது, பலிபீடத்துக்குப் பதில் சாப்பாட்டு மேசை வந்தது. இன்றும் ஓய்வுநாள் சாப்பாட்டில் ரொட்டியைப் பிட்டு உப்பில் தொட்டுத்தான் சாப்பிடுகிறார்கள், ஏனென்றால் பலிகளோடு உப்பு சேர்க்க வேண்டும் என்பது பழைய சட்டம். கோயில் போனது, அந்த உப்பு வீட்டுக்கு வந்துவிட்டது.

கி.பி. 200 வாக்கில் யூதா என்ற தலைவர், அதுவரை வாய்மொழியாக இருந்த சட்டங்களை மிஷ்னா என்று தொகுத்தார். அதில் தோற்றுப்போன கருத்தும் பெயரோடு பதிவாகிறது. எதற்கு அதை வைத்திருக்க வேண்டும் என்று மிஷ்னாவே கேட்டுக்கொண்டு, பின்னால் வருகிற ஒரு நீதிமன்றம் அந்தச் சிறுபான்மைக் கருத்தை ஏற்க நினைத்தால் அதற்கு ஆதாரம் வேண்டாமா என்று பதில் சொல்கிறது. அந்த மிஷ்னாவின் மேல் பாபிலோனில் இருந்த யூதர்கள் தலைமுறை தலைமுறையாக நடத்திய விவாதம்தான் பாபிலோனியத் தால்மூத். முன்பு சொன்னேனே, அந்தப் பெரிய காரியம் இதுதான். அச்சில் 2,711 தாள்கள், தாளுக்கு இரண்டு பக்கம். நடுவில் மூலம், சுற்றிலும் பிற்கால உரைகள். உள்பக்க ஓரத்தில் இருக்கும் ராஷியின் உரை, 11ஆம் நூற்றாண்டில் பிரான்சின் துருவா நகரத்தில் எழுதியது. நம் உரையாசிரியர்களைப் படித்தவர்களுக்கு அந்தப் பக்கத்தைப் பார்த்தால் அந்நியமாகவே இருக்காது.

அதில் ஒரு கதை. துண்டு துண்டாக ஒட்டிச் செய்த ஒரு அடுப்பு தீட்டுப்படுமா, படாதா என்று வாதம். எலியேசர் படாது என்கிறார், மற்ற எல்லாரும் படும் என்கிறார்கள். நான் சொல்வது சரியென்றால் இந்த மரம் சொல்லட்டும் என்றார், மரம் இடம் பெயர்ந்து போய் நின்றது. மரத்தை வைத்து நிரூபிக்க முடியாது என்றார்கள். வாய்க்கால் பின்னோக்கி ஓடியது, பள்ளியின் சுவர் சாய்ந்தது, ஒருவரும் அசையவில்லை. கடைசியில் வானத்திலிருந்தே ஒரு குரல், சட்டம் எலியேசர் சொன்னபடிதான் என்றது. யோசுவா எழுந்து நின்று, "அது வானத்தில் இல்லை" என்று வேத வசனத்தையே எடுத்துச் சொன்னார். வேதத்தை எங்களிடம் கொடுத்தாயிற்று, இனி பெரும்பான்மைதான் முடிவு. இதைக் கேட்டுக் கடவுள் சிரித்து, என் பிள்ளைகள் என்னை ஜெயித்துவிட்டார்கள் என்றாராம்.

பெரும்பாலும் இங்கேயே கதையை நிறுத்திவிடுவார்கள், எனக்கு அது பிடிக்கவில்லை. தால்மூத் நிறுத்தவில்லை. எலியேசரை விலக்கி வைத்தார்கள். அதைச் சொல்ல அக்கீவா என்ற அறிஞர் கறுப்பு உடுத்திக்கொண்டு போய் நான்கு முழம் தள்ளி உட்கார்ந்தார். எலியேசர் கண்ணீர் விட்டார், உலகத்தில் விளைச்சலில் மூன்றில் ஒரு பங்கு பாழானது. அவருடைய மனைவி இம்மா சாலோம், விலக்கி வைத்த தலைவர் கமாலியேலின் சொந்தத் தங்கை. கணவர் மனம் நொந்து வேண்டிக்கொண்டால் அண்ணனுக்கு ஆகாது என்று பயந்து அவரைக் காத்துக்கொண்டே இருந்தார், ஒருநாள் கவனம் தப்பியது, அண்ணன் இறந்துபோனார். இந்தக் கதை தால்மூத்தில் எங்கே வருகிறது என்றால், பிறரை வார்த்தையால் புண்படுத்தக் கூடாது என்ற பேச்சின் நடுவில் வருகிறது. அன்று ஆசிரியரின் பாடையைச் சேர்ந்து தூக்கிய இருவர்தான் இந்த எலியேசரும் யோசுவாவும். வாதத்தில் ஜெயித்தவர்களே தங்கள் தப்பையும் எழுதிவைத்தார்கள் என்பதுதான் என்னை இந்த வரலாற்றின் பக்கம் இழுத்தது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். பரிசேயர் என்பவர்கள் கோயில் காலத்து யூதப் பிரிவினர், ஆனால் புதிய ஏற்பாட்டின் வழியாகத் தமிழில் பரிசேயன் என்றால் வேடதாரி என்று அர்த்தமாகிவிட்டது. இந்த ரபிமார்கள், அதாவது யூத வேத ஆசிரியர்கள், அந்தப் பரிசேயர் மரபில் வந்தவர்கள்தான். ஒரு பக்கம் எழுதியதை மட்டும் படித்து ஒரு மக்களை எடைபோட்டுவிட்டோம்.

அப்புறம் வந்த நூற்றாண்டுகள் கொடியவை. 1096இல் சிலுவைப் போர்க் கும்பல்கள் ரைன் நதிக்கரை ஊர்களில் கொன்று குவித்தன. 1242இல் பாரிசில் தால்மூத் பிரதிகளை வண்டி வண்டியாக ஏற்றிக் கொளுத்தினார்கள். 1290இல் இங்கிலாந்து துரத்தியது, 1492இல் ஸ்பெயின். ஸ்பெயினிலிருந்து போனவர்களில் பலர் கிரேக்கத்துச் சலோனிகாவில் குடியேறி 450 ஆண்டுகள் அந்தப் பழைய ஸ்பானிஷ் பேச்சையே வீட்டில் பேசினார்கள், 1943இல் நாஜிகள் அவர்களை ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு ரயிலேற்றினார்கள். ஐரோப்பா முழுவதும் நாஜிகள் கொன்ற யூதர்கள் மொத்தம் 60 லட்சம் பேர். அதை நான் ஒரு வாக்கியத்தில் சொல்லிக் கடந்துபோவது அவர்களுக்குச் செய்கிற நியாயம் இல்லை, அதற்கென்றே ஒரு கூட்டம் வேண்டும். 1948இல் இஸ்ரேல் நாடு வந்ததும், அதே நேரத்தில் சுமார் 7 லட்சம் பாலஸ்தீனர்கள் வீடிழந்ததும் அப்படித்தான், ஒன்றைச் சொல்லி மற்றதை மறைத்துப் பேசக் கூடாது.

சரி, நம் பக்கத்துக்கு வருகிறேன். கொல்லத்துத் தரிசாப்பள்ளிச் செப்பேடு, கி.பி. 849. ஒரு கிறிஸ்தவத் தேவாலயத்துக்கு வேணாட்டு ஐயனடிகள் கொடுத்த கொடை. மூலம் வட்டெழுத்தில் இருக்கிறது. சாட்சிக் கையெழுத்துகள் அரபியில், பஹ்லவி என்ற பழைய பாரசீக எழுத்தில், அப்புறம் யூதர்களின் எபிரேய எழுத்தில். கி.பி. 1000 வாக்கில் சேர மன்னன் பாஸ்கர ரவிவர்மன், ஜோசப் ரப்பான் என்ற யூத வணிகத் தலைவருக்குப் பகல்விளக்கு, நடைபாவாடை, பல்லக்கு, குடை என்று 72 உரிமைகள் கொடுத்தான். அந்தச் செப்பேட்டைக் கொச்சி மட்டாஞ்சேரியில் 1568இல் கட்டிய பரதேசி ஜெப ஆலயத்தில் பத்திரமாக வைத்திருக்கிறார்கள்.

அந்த ஆலயத்துக்குள் நான் போயிருக்கிறேன். தரையில் நீலமும் வெள்ளையுமாகச் சீன ஓடுகள், மேலே கண்ணாடி விளக்குகள். முழுமையான பொது ஜெபத்துக்குப் பத்து ஆண்கள் வேண்டும், இன்று அந்தத் தெருவில் அத்தனை பேர் இல்லை. 1950களிலேயே கேரள யூதர்களில் பெரும்பாலானோர் இஸ்ரேலுக்குக் கிளம்பிப் போய்விட்டார்கள், பலர் நெகேவ் பாலைவனத்தில் நெவாதிம் என்ற ஊரில் குடியேறினார்கள். அந்தப் பெண்கள் போகும்போது நோட்டுப் புத்தகங்களைக் கொண்டுபோனார்கள். அவற்றில் பாட்டிமார் பாடி, பேத்திகள் எழுதிக்கொண்ட பாட்டுகள் இருந்தன. கல்யாணப் பாட்டு, மோசே கடல் கடந்த பாட்டு எல்லாம் மலையாளத்தில்.