சுருளும் பாயில் என்ன இருக்கிறது?

நேயர்களுக்கு வணக்கம். நான் வேதியியல் ஆசிரியர்.

காலையில் வேலூர் கோட்டைப் பக்கம் போனால், யோகா பாயைச் சுருட்டி அக்குளில் வைத்துக்கொண்டு நடப்பவர்களைப் பார்க்கலாம். மனசுக்கு நிறைவாக இருக்கிறது. அந்தப் பாய் எதனால் ஆனது என்று கடைக்காரரிடம் கேட்டீர்களா?

விலை குறைந்த பாய்களில் பல பிவிசி என்ற பிளாஸ்டிக்கால் ஆனவை. நம் வீட்டுத் தண்ணீர்க் குழாயும் அதே பிவிசிதான். குழாய் விறைத்து நிற்கிறது. பாய் எப்படிச் சுருள்கிறது? இளக்கம் வருவதற்காக தாலேட் போன்ற எண்ணெய்ப் பொருளைக் கலக்கிறார்கள். அது பிளாஸ்டிக்கோடு வேதிப் பிணைப்பில் சேர்ந்திருப்பதில்லை. கொஞ்சம் கொஞ்சமாகக் கசியும். சூடு ஏறினால் கசிவும் ஏறும். கத்திரி வெயிலில் 40 டிகிரியைத் தாண்டுகிற ஊர் நம்முடையது. மூடிய காருக்குள் பாயைப் போட்டு வைக்காதீர்கள்.

டிஇஎச்பி போன்ற சில தாலேட்டுகள் ஹார்மோன்களின் வேலையில் குறுக்கிடுகின்றன. அதனால்தான் ஐரோப்பிய ஒன்றியம் 2005-லேயே, டிஇஎச்பி உள்ளிட்ட மூன்று தாலேட்டுகள் பொம்மைகளில் 0.1 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று சட்டம் செய்தது. பாய் பொம்மை இல்லை, வாஸ்தவம். ஆனால் தவழும் குழந்தைக்குப் பாயின் ஓரமும் கடிக்கிற பொருள்தான். தினம் அரை மணி நேரம் பயிற்சி செய்யும் பெரியவர் பயந்து நடுங்க வேண்டியதில்லை. குழந்தை இருக்கும் வீடும் கர்ப்பிணிப் பெண்களும்தான் எனக்குக் கவலை.

கோத்து விரிக்கும் வண்ண ஃபோம் பாய்கள் பெரும்பாலும் இவிஏ என்ற வேறொரு பிளாஸ்டிக். அதை நுரைக்க வைக்கும் பொருளிலிருந்து ஃபார்மமைடு என்ற தீங்கான ரசாயனம் தங்கிவிடலாம். பெல்ஜியம் 2010-ல் இதற்காகவே அத்தகைய பாய்களைத் தடை செய்தது. ஆகவே பாயின் உறையில் 'பிவிசி இல்லை' என்ற ஒரு வரி போதாது.

மூக்கையும் முழுசாக நம்ப முடியாது. புதுப் பாயின் நெடி, நிழலில் காற்றோட்டமாகச் சில நாள் விரித்தால் குறையும். தாலேட்டுக்கு நெடியே கிடையாது என்று சொல்லலாம். நெடி போனதால் அது போய்விட்டதாக ஆகாது.

குரோமியக் கழிவு ராணிப்பேட்டையின் நிலத்தடி நீரை எப்படிக் கெடுத்தது என்று பார்த்தவர்கள் நாம். ரசாயனத்தைப் பற்றிக் கேட்க நமக்குக் கூச்சம் எதற்கு?

பழைய வட ஆற்காட்டில் இருந்த வந்தவாசியின் கோரைப்பாயே உட்கார்ந்து, படுத்துச் செய்யும் ஆசனங்களுக்குப் போதும். சாயம் போடாததாகப் பார்த்து வாங்குங்கள். டைல்ஸ் தரையில் வழுக்கும். நின்று செய்வதற்கு இயற்கை ரப்பர் பாய் நல்லது. ரப்பர் ஒவ்வாமை உள்ளவர்கள் கனமான பருத்தி ஜமுக்காளம் விரிக்கலாம், அதையும் சொரசொரப்பான தரையில்.

ஒன்று கெஞ்சிக் கேட்கிறேன். கிழிந்த பிவிசி பாயைப் போகியில் போட்டு எரிக்காதீர்கள். அந்தப் புகையில் ஹைட்ரஜன் குளோரைடு என்ற அமில வாயுவும் டையாக்சின் என்ற நச்சும் வரும். குப்பை வாங்க வருகிறவரிடம் தனியாகக் கொடுத்துவிடுங்கள்.

வணக்கம்.