பாக்கி 606 டாலர் 17 சென்ட்

நடுவர் அவர்களே, எதிரணிக்கும் அவைக்கும் வணக்கம். மாலை மரியாதையெல்லாம் போகும்போது பார்த்துக்கொள்வோம்.

தலைப்பு, அமெரிக்க ராக் இசைக்குழு நிர்வாணாவின் உயிர் 'நெவர்மைண்ட்' ஆல்பத்திலா, அதற்கு முந்தைய 'ப்ளீச்'சிலா? நான் ப்ளீச் கட்சி. எதிரணித் தலைவர் என்ன சொல்லிவிட்டு உட்கார்ந்தார்? "ப்ளீச் கக்கூஸ் கழுவுகிற சமாச்சாரம், ஆல்பத்திலும் அந்த வாடைதான்" என்றார். நீங்களும் கைதட்டினீர்கள். யார் யார் என்று பார்த்து வைத்திருக்கிறேன். அவருக்கு அப்புறம் வருகிறேன். முதலில் ஒரு கடன் கதை.

1988 டிசம்பர், சியாட்டில். ஜாக் என்டினோ ஒலிப்பதிவு செய்த சின்ன ஸ்டூடியோ. குழுவுக்குப் பாட்டெழுதிப் பாடும் கர்ட் கோபேன், அவரோடு கிறிஸ்ட் நோவோசெலிக், சாட் சானிங் மூவரும் வாசிக்கிறார்கள். ஜனவரியில் ப்ளீச் பதிவு முடிந்தது, கணக்கில் முப்பது மணி நேரம். பில் வந்தது. 606 டாலர் 17 சென்ட். அந்த 17 சென்டைக் கவனியுங்கள் ஐயா! ரவுண்டாக 600 என்று முடிக்க யாருக்கும் மனசு வரவில்லை. மூன்று பேர் பாக்கெட்டையும் உதறினாலும் அவ்வளவு தேறாது. ஜேசன் எவர்மேன் என்ற நண்பர் எடுத்து வைத்தார். அலாஸ்காவில் மீன்பிடிப் படகில் உழைத்த காசு.

இப்போது ஆல்பத்தின் உறையைப் பாருங்கள். நெகட்டிவ் போல இருக்கும் படம், தலைமுடி பறக்கிறது, நாலு பேர். நாலாவது ஆள் யார்? ஜேசன். கிடார் என்று பேரும் போட்டிருக்கிறார்கள். எந்தப் பாட்டில் வாசித்தார்? ஒன்றிலும் இல்லை! நம் ஊரில் மொய் எழுதினால் பேரை மைக்கில் சொல்வோம், அதோடு சரி. இவர்கள் மொய் வைத்தவரை மாப்பிள்ளை பக்கத்திலேயே நிறுத்திப் போட்டோ எடுத்துவிட்டார்கள். மொய்யாவது திரும்பி வரும். இது வரவே இல்லை. கடன் பத்திரத்துக்குப் பதிலாக உறைப் படத்தையே கையில் கொடுத்துவிட்டார்கள், வசூல் பண்ணிக்கொள் என்று!

இன்னும் இருக்கிறது. 1989 ஜூனில் ஆல்பம் வந்தது. ஊர் ஊராகக் கச்சேரி, இப்போது ஜேசன் நிஜமாகவே வாசிக்கிறார். நியூயார்க்கில் மனஸ்தாபம். மீதிக் கச்சேரிகளை ரத்து செய்துவிட்டு, நாட்டின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம் வரை ஒரே வேனில் போனார்கள், யாரும் யாரிடமும் பேசவில்லை. கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் பக்கத்துப் பக்கத்து சீட்டில்! நினைத்துப் பாருங்கள். அத்தோடு ஜேசன் வெளியே. பிற்பாடு அமெரிக்க ராணுவத்தில் சேர்ந்து ஆப்கானிஸ்தான், ஈராக் போர்முனைக்கெல்லாம் போய் வந்தார். அப்புறம் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்துப் பட்டம் வாங்கினார். ஆமாம் ஐயா, கைமாற்றுக் கொடுத்துப் பழகியவனுக்குத் தத்துவம் தானாக வரும்.

சரி, எதிரணித் தலைவரே, கக்கூஸ் என்றீர்களே. நீங்கள் கேலியாகச் சொன்னது நிஜம். கர்ட் துப்புரவு வேலை பார்த்தவர். 1988 ஜனவரியில் இதே என்டினோவிடம் முதல் டெமோ, அதாவது மாதிரிப் பதிவு, செய்தார்கள். செலவு 152 டாலர் சொச்சம். கொடுத்தது கர்ட், தரை துடைத்துச் சம்பாதித்த காசில். அந்த டெமோவிலிருந்து சில பாட்டுகள் ப்ளீச்சில் இருக்கின்றன. ஆகவே வாடை இருக்கும். அது சம்பளத்தின் வாடை.

பேர் எங்கிருந்து வந்தது தெரியுமா? சான் பிரான்சிஸ்கோவில் ஒரு சுவரொட்டி. எய்ட்ஸ் பரவிய நாட்கள். போதை ஊசி போடுகிறவர்களே, ஊசியை ப்ளீச்சில் கழுவுங்கள் என்று அதில் எழுதியிருந்தது. நீங்கள் கக்கூஸ் வாளியைப் பார்த்தீர்கள். அந்தப் பையன் ஓர் உயிராவது பிழைக்கட்டும் என்று ஒட்டியிருந்த தாளைப் பார்த்தான்.

நெவர்மைண்ட் 1992 ஜனவரியில் மைக்கேல் ஜாக்சனையே முதலிடத்திலிருந்து இறக்கியது. வாஸ்தவம். நான் இல்லை என்றா சொன்னேன்?

ஆனால் ஐயா, அந்த ப்ளீச் உறைப் படத்தை எடுத்தது ட்ரேசி. கர்ட்டின் காதலி. போயிங் தொழிற்சாலை கேன்டீனில் வேலை பார்த்து அவரையும் சேர்த்துத் தாங்கியவர். என்னைப் பற்றி ஒரு பாட்டு எழுத மாட்டாயா என்று கேட்டிருக்கிறார். எழுதினார், 'அபௌட் எ கேர்ள்'. ப்ளீச்சிலேயே மிருதுவான பாட்டு. ஆனால் அது உன்னைப் பற்றித்தான் என்று ட்ரேசியிடம் சொல்லவில்லை. இருவரும் பிரிந்து சில வருடம் கழித்து, ஒரு புத்தகத்தைப் படித்துத்தான் ட்ரேசி தெரிந்துகொண்டார்.

1993 நவம்பர், நியூயார்க். டிவி கேமரா முன்னால், மரக் கிடாரோடு கர்ட் உட்கார்ந்திருக்கிறார். உலகமே நெவர்மைண்ட் பாட்டுகளைக் கேட்கக் காத்திருக்கிறது. "இது எங்கள் முதல் ரெக்கார்டிலிருந்து. பெரும்பாலானவர்களிடம் அது இருக்காது" என்று சொல்லிவிட்டு, ட்ரேசியின் பாட்டைத்தான் முதலில் எடுத்தார். அதற்கப்புறம் நாலரை மாதம்தான் இருந்தார். வயது 27.

மணி அடிக்கிறீர்கள், இறங்குகிறேன் நடுவர் அவர்களே. எதிரணித் தலைவர் வீட்டில் அந்த ரெக்கார்டு இருக்கிறதா என்று மட்டும் கேட்டுச் சொல்லுங்கள்.