ரோட்டில் லோடைப் பிடிச்சாங்க, பணம் கட்டியாச்சு: கேஸ் முடிஞ்சிடுச்சா?

(காட்சி: மூடிய கடை, எதிரே காகிதக் கட்டுகளோட ஒரு ஆட்டோ டிராலி)

2020 ஜனவரி 4, சனிக்கிழமை. ஐதராபாத்துல சத்யம் சிவம் பேப்பர்ஸ் நிறுவனத்தோட காகித லோடு கிளம்புது. இன்வாய்ஸ் இருக்கு, இ-வே பில்லும் (சரக்கைக் கொண்டுபோக ஆன்லைன்ல எடுக்கிற, காலக்கெடு உள்ள ஜிஎஸ்டி சீட்டு) இருக்கு. அன்னைக்கு ஊருக்குள்ள பெரிய பேரணி, ரோடெல்லாம் அடைப்பு. நேரத்துக்குப் போய்ச் சேர முடியல, கடையும் பூட்டியாச்சு. டிரைவர் வண்டியைத் தன் வீட்டுல நிறுத்திட்டு, திங்கட்கிழமை டெலிவரிக்குக் கிளம்புறார். வழியில வணிக வரித்துறை அதிகாரி மடக்குறார். இ-வே பில் ஞாயிற்றுக்கிழமையோட காலாவதி.

வரியும் அபராதமும் சேர்த்து 69,000 ரூபாய். சரக்கை இறக்கி வெச்ச இடம், அந்த அதிகாரியோட சொந்தக்காரர் வீடு! நிறுவனம் பணத்தைக் கட்டி சரக்கை மீட்டுது. ஆனா அதோட விடல, தெலங்கானா ஐகோர்ட்டுக்குப் போச்சு.

2021-ல ஐகோர்ட் கேட்ட கேள்வி ரொம்ப எளிமையானது: இ-வே பில் நேரம் முடிஞ்சதை மட்டும் வெச்சு, வரி ஏய்ப்புன்னு எப்படி முடிவு பண்ணீங்க? 69,000 ரூபாயை 6 சதவீத வட்டியோட திருப்பிக் கொடுக்கணும், வழக்குச் செலவா 10,000 ரூபாய் தரணும்னு உத்தரவு. துறை சுப்ரீம் கோர்ட்டுக்குப் போச்சு. 2022 ஜனவரியில மனு தள்ளுபடி ஆனதோட, செலவுத்தொகையில இன்னும் 59,000 கூடுச்சு. மொத்தம் 69,000. கட்டாயப்படுத்தி வாங்கின அதே தொகை.

இதைப் பார்த்துட்டு, பில் காலாவதி ஆனாலும் பரவாயில்லைன்னு யாரும் நினைச்சிடாதீங்க. அங்கே தாமதத்துக்கு நியாயமான காரணம் இருந்துச்சு. வழியில தடங்கல்னா, பில் முடியுறதுக்கு 8 மணி நேரம் முன்னாடியிலிருந்து முடிஞ்ச 8 மணி நேரம் வரைக்கும் நீட்டிக்கலாம். அதைப் பண்ணிடுங்க.

(காட்சி: பிரிவு 129)

சரக்கைத் தடுத்து வைக்கிற அதிகாரம் ஜிஎஸ்டி சட்டத்தோட 129-வது பிரிவுல இருக்கு. பிடிச்ச 7 நாளுக்குள்ள நோட்டீஸ், நோட்டீஸ் கைக்கு வந்த 7 நாளுக்குள்ள உத்தரவு. உரிமையாளரே பணம் கட்ட முன்வந்தா, வரி உள்ள சரக்குக்கு அபராதம் வரியைப் போல 2 மடங்கு. வண்டி நம்பர்ல ஒண்ணு ரெண்டு எழுத்து தப்பு, பெயர்ல எழுத்துப்பிழை மாதிரியானதுக்கு இந்தப் பிரிவையே எடுக்கக் கூடாது, மத்திய, மாநில ஜிஎஸ்டிக்குத் தலா 500 ரூபாய் போதும்னு 2018 செப்டம்பர் சுற்றறிக்கை சொல்லுது. இது தெரியாம எத்தனை பேர் லட்சக்கணக்குல கட்டியிருப்பாங்கன்னு நினைச்சா மனசு கொதிக்குது.

சரக்கை விடுவிக்க நேரா ஐகோர்ட்டுக்கு ஓடலாமான்னு கேட்பீங்க. அலகாபாத் ஐகோர்ட் அப்படி விடுவிச்ச இடைக்கால உத்தரவுகளை 2019-ல சுப்ரீம் கோர்ட் ஏத்துக்கல. சட்டம் சொல்ற பணத்தையோ பிணையையோ கொடுத்துத்தான் மீட்கணும்.

அதனாலதான் வியாபாரி, வண்டி வாடகை ஏறுது, பார்ட்டி காத்திருக்கார்னு பணத்தைக் கட்டுறார். கட்டினா நடவடிக்கை முடிஞ்சதா கருதப்படும்னு சட்டம் சொல்றதால, சில அதிகாரிகள் உத்தரவே போடுறதில்ல. உத்தரவு இல்லாம எதை வெச்சு அப்பீல் போறது?

(காட்சி: பாக்கு மூட்டைகள்)

கர்நாடகத்திலிருந்து டெல்லிக்குப் போன பாக்கு லோடு உத்தரப்பிரதேசத்துல பிடிபட்ட வழக்கு இதுதான். ஏஎஸ்பி டிரேடர்ஸ் நிறுவனம் ஆட்சேபம் எழுதிக் கொடுத்துட்டு, பணமும் கட்டுச்சு. 2025 ஜூலையில சுப்ரீம் கோர்ட் தெளிவாச் சொல்லிடுச்சு: பணம் கட்டினதால அப்பீல் உரிமை போயிடாது, காரணம் காட்டி உத்தரவு போட்டே ஆகணும்.

அதனால பணம் கட்டுற அன்னைக்கே நோட்டீஸுக்குப் பதில் எழுதிக் கொடுங்க. பேரணியோ மழையோ, நடந்ததைத் தேதி, நேரத்தோட எழுதுங்க. எதிர்ப்போடதான் கட்டுறோம்னு ஒரு வரி சேருங்க. எம்ஓவி-09 படிவத்துல (அதிகாரி உத்தரவு போடுற படிவம்) உத்தரவு கேட்டு வாங்குங்க. அது கையில வந்த நாள்லருந்து அப்பீலுக்கு 3 மாசம் இருக்கு.